எருசலேமில் வாங்கிய பட்டம்: புனித டேவிட்டும் வேல்ஸ் ஆயர்களும்

மார்ச் 1ஆம் திகதி வந்தால் வேல்ஸில் சனம் சட்டையில் லீக்ஸ் துண்டையோ டஃபடில் பூவையோ குத்திக்கொண்டு திரியும். பள்ளிக்கூடப் பிள்ளைகள் பழைய காலத்து உடுப்புப் போட்டுக்கொண்டு பாடுவார்கள். அது அந்த நாட்டின் பாதுகாவலர் புனித டேவிட்டின் நாள். வேல்ஸ் மொழியில் அவர் பெயர் டெவி. அவரைப் பற்றிய கதைகளும் வடிவானவை. தண்ணீரைத் தவிர வேறெதுவும் குடிக்காத துறவி. மாடு பூட்டாமல், தன் மடத்துத் துறவிகளின் தோளிலேயே ஏரைப் பூட்டி உழவைத்தவர். லாந்தெவி பிரெவி என்ற ஊரில் பெரிய கூட்டத்துக்கு முன்னால் அவர் பேசியபோது, பின்னால் நின்றவர்களுக்கும் தெரியட்டும் என்று காலுக்குக் கீழிருந்த நிலமே குன்றாக எழும்பியதாம். வேல்ஸில் குன்றுக்கா பஞ்சம், இதைவிடத் தேவையில்லாத புதுமை உண்டா என்று ஜோன் டேவிஸ் என்ற வேல்ஸ் வரலாற்றாசிரியரே பகிடி பண்ணியிருக்கிறார்.

நாங்கள் பேச வந்தது அந்தக் குன்றைப் பற்றியல்ல. அதே சரிதத்தின் நடுவில் ஒரு பயணம் வருகிறது. டேவிட் தன் தோழர்கள் இருவரோடு எருசலேமுக்கு யாத்திரை போகிறார். அங்கேயிருந்த பிதாப்பிதா அவரைப் பேராயராகத் திருநிலைப்படுத்துகிறார். பரிசுகளும் கிடைக்கின்றன: ஒரு பீடம், ஒரு மணி, ஒரு கோல், ஓர் அங்கி. வாசித்துக்கொண்டு போகிறவருக்கு இது சும்மா ஒரு பக்திக் கதை. ஆனால் இதை எழுதியவர் யார், எந்த நேரத்தில் எழுதினார் என்று பார்த்தால் விசயம் வேறு.

டேவிட் வாழ்ந்தது 6ஆம் நூற்றாண்டில். வேல்ஸின் தென்மேற்கு மூலையில், கடலுக்குப் பக்கத்தில் மடம் கட்டி இருந்தவர். வேல்ஸின் பழைய ஆண்டுக்குறிப்பு அவருடைய இறப்பை 601 என்று பதிகிறது. 589 என்று சொல்லுகிறவர்களும் உண்டு. அவருடைய காலத்தில் எழுதப்பட்ட வரலாறு ஒன்றும் எங்களுக்குக் கிடைக்கவில்லை. அவர் பெயர் வருகிற மிகப் பழைய சான்றுகளில் ஒன்று ஒரு கல்லறைக் கல். அதே லாந்தெவி பிரெவியில் இருக்கிறது. புனித டேவிட்டின் சொத்துக் கொள்ளைபோன சம்பவத்தில் கொல்லப்பட்ட இட்னெர்ட் என்பவர் இங்கே கிடக்கிறார் என்று அதில் இலத்தீனில் வெட்டியிருந்தது. இருந்தது என்றுதான் சொல்ல வேண்டும். பிற்காலத்தில் கோயில் திருத்தியவர்கள் கல்லை உடைத்துச் சுவருக்குள் வைத்துக் கட்டிவிட்டார்கள். உடையுமுன் எட்வேர்ட் லூயிட் என்ற அறிஞர் வாசகத்தைப் படியெடுத்து வைத்ததால் நாங்கள் தப்பினோம். ஆக, புனிதரைப் பற்றிய மிகப் பழைய செய்திகளில் ஒன்றே அவருடைய சொத்தை யாரோ அடித்துக்கொண்டு போன செய்திதான்.

முழுச் சரிதம் வருவதற்கு இன்னும் சில நூறு வருசம் பிடித்தது. எழுதியவர் பெயர் ரிகிவார்க். எழுதியது 1090களில். அவருடைய தகப்பன் சுலியென், புனித டேவிட் பேராலயத்தில் இரண்டு தரம் ஆயராக இருந்தவர். ஆயருக்கு மகனா என்று கேட்கலாம். அந்தக் காலத்து வேல்ஸ் திருச்சபையில் குருமார் கலியாணம் கட்டுவது வழமை; கல்வியும் பதவியும் குடும்பவழியாகவே வரும். சுலியெனுக்கு நாலு பிள்ளைகள், நாலு பேரும் படித்தவர்கள். அவருக்கு முன்னிருந்த ஆயர் ஏப்ரகாமை 1080இல் வைக்கிங்குகள் கொன்றார்கள். அந்த ஏப்ரகாமின் இரண்டு மகன்மாரின் கல்லறைக் கல்லும் அதே பேராலயத்தில் இருக்கிறது.

கடலால் வந்த கொள்ளைக்காரர் ஒருபக்கம் என்றால், தரையால் வந்தவர்கள் இன்னொரு பக்கம். 1081இல் இங்கிலாந்தைப் பிடித்த நோர்மன் மன்னன் வில்லியம் நேரேயே புனித டேவிட் பேராலயத்துக்கு வந்துபோனான். கும்பிட வந்ததாகத்தான் வேல்ஸ் குறிப்புகள் சொல்லுகின்றன. 1089இல் டேவிட்டின் திருப்பண்டப் பேழையைக் களவெடுத்து, அதிலிருந்த பொன்னையும் வெள்ளியையும் உரித்துவிட்டார்கள். 1093இல் தென்வேல்ஸ் அரசன் ரீஸ் ஆப் டியூடர் நோர்மன்களோடு நடந்த சண்டையில் விழுந்தான். அதற்குப் பிறகு தெற்கில் கோட்டை கோட்டையாக எழும்பியது. ரிகிவார்க் அந்த அழிவைப் பற்றி இலத்தீனில் ஒரு புலம்பல் கவிதையே எழுதியிருக்கிறார்.

அப்படியொரு நேரத்தில்தான் டேவிட் எருசலேமுக்குப் போனதாக எழுதுகிறார். நோர்மன்களின் கையிலிருந்த கன்ரபரிப் பேராயர், வேல்ஸ் ஆயர்களும் தனக்குக் கீழேதான் என்று சொல்லத் தொடங்கியிருந்தார். அதற்கு ரிகிவார்க்கின் பதில்: எங்கள் ஆளுக்குப் பட்டம் கொடுத்தது நீங்கள் இல்லை, ஆண்டவர் நடந்த ஊரிலேயே வாங்கிக்கொண்டு வந்துவிட்டார். வெளியில் பார்த்தால் புனிதர் சரிதம். உள்ளுக்குள் அது ஒரு காணி உறுதி. உறுதி எழுதியவர் பக்தியில்லாதவர் என்று நாங்கள் சொல்லவில்லை. இரண்டும் ஒரே மனதுக்குள் இருந்திருக்கும்.

உறுதி எழுதின குடும்பத்திடம் காணி நிற்கவில்லை. 1115இல் ஹென்றி மன்னன் தன் ஆளான பெர்னாட்டை அங்கே ஆயராக்கினான். அரசியின் குருவாக அரண்மனையில் இருந்தவர். கன்ரபரிக்குக் கீழ்ப்படிவேன் என்று சத்தியம் பண்ணித்தான் பதவிக்கு வந்தார். வேல்ஸ் திருச்சபையை விழுங்க வந்தவர் என்றுதான் யாரும் நினைத்திருப்பார்கள். ஆனால் கொஞ்சக் காலம் போக, அந்த நோர்மன்காரரே ரிகிவார்க்கின் உறுதியைத் தூக்கிக்கொண்டு பாப்பரசரிடம் போனார்: புனித டேவிட் பேராலயம் ஆதியிலேயே பேராயர் பீடம், கன்ரபரிக்கு எங்கள்மேல் உரிமையில்லை! டேவிட்டின் உடலைத் தேடிப் பலதரம் தோண்டவும் செய்தாராம், கிடைக்கவில்லை. இந்தப் பேராலயத்துக்கு இரண்டு தரம் போனால் ரோமாபுரிக்கு ஒரு தரம் போனதற்குச் சமம் என்ற பெயரும் அவர் காலத்தில்தான் வந்தது. வழக்குத் தீருமுன் 1148இல் காலமானார். அவருக்குப் பின் வந்த டேவிட் ஃபிட்ஸ்ஜெரால்டிடம், இந்தக் கதையை இனி எடுக்கவே மாட்டேன் என்று கன்ரபரி முற்கூட்டியே சத்தியம் வாங்கிக்கொண்டது.

பதவி வெளியாளைக்கூட மாற்றிவிடும் என்று இதற்கு விளக்கம் சொல்லலாம். பேராயராவது யாருக்குத்தான் கசக்கும் என்றும் சொல்லலாம். எங்களுக்கு இரண்டாவதிலும் நியாயம் இருப்பதாகத் தெரிகிறது.

அந்தச் சத்தியம் பண்ணிய ஆயருக்கு ஒரு மருமகன், சகோதரியின் பிள்ளை. அவர்தான் ஜெரால்ட். இந்தக் கதையில் எங்களுக்கு மிகவும் பிடித்த ஆள், கூடவே மிகவும் எரிச்சல் தருகிற ஆளும். 1146 அளவில் மனோபியர் கோட்டையில் பிறந்தவர். தகப்பன் பக்கம் நோர்மன். தாய்வழிப் பாட்டி நெஸ்ட், சண்டையில் விழுந்த அந்த ரீஸ் அரசனின் மகள். வேல்ஸ்காரருக்கு நான் வெளியான், நோர்மன்களுக்கு நான் வேல்ஸ்காரன் என்பது அவர் வாழ்நாள் முழுக்கச் சொன்ன முறைப்பாடு. 1176இல் பேராலயக் குருமார் அவரை ஆயராக்க விரும்பினார்கள், மன்னன் மறுத்தான். அரச குடும்பங்களோடு இரத்த உறவுள்ள ஒருவரை அங்கே வைக்க அவனுக்கு மனமில்லை.

1188இல் கன்ரபரிப் பேராயர் போல்ட்வின் சிலுவைப்போருக்கு ஆள் சேர்க்க வேல்ஸைச் சுற்றி வந்தார். ஜெரால்டும் கூடப் போனார். அந்தப் பயணத்தைப் பற்றி அவர் எழுதிய புத்தகம் இன்றைக்கும் வாசிக்கச் சுவையானது. ஆள் சேர்ப்பு ஒரு காரணம்தான். வேல்ஸின் நாலு பேராலயங்களிலும் போல்ட்வின் திருப்பலி ஒப்புக்கொடுத்தார். எல்லாம் என் வீடுதான் என்று ஒவ்வொரு அறையிலும் விளக்குக் கொளுத்திப் பார்க்கிற மாதிரி. ஹாவர்ஃபர்ட்வெஸ்ட் என்ற ஊரில் தான் இலத்தீனிலும் பிரெஞ்சிலும் பிரசங்கம் வைத்தபோது, ஒரு சொல்லும் விளங்காத சனம் அழுது புலம்பிக்கொண்டு ஓடிவந்ததாக ஜெரால்ட் பெருமையாக எழுதுகிறார். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

1199இல் குருமார் மறுபடி அவரைத் தெரிவுசெய்தார்கள். அதன்பின் நாலு வருசம் ஒரே வழக்கு. மூன்று தரம் ரோமாபுரிக்குப் பயணம், அந்தக் காலத்து அல்ப்ஸ் மலையைத் தாண்டி. மூன்றாம் இன்னசென்ட் பாப்பரசருக்கு மற்றவர்கள் காசு கொண்டுவர, இவர் தான் எழுதிய புத்தகங்களைக் கொண்டுபோய்க் கொடுத்தார். பாப்பரசரின் பழைய பதிவேடுகளைப் புரட்ட அனுமதி வாங்கி, பெர்னாட் காலத்துக் கடிதம் ஒன்றைத் தேடிப் பிடித்தார். மற்றப் பக்கம் கன்ரபரிப் பேராயர் ஹூபர்ட் வோல்ட்டர். அவருடைய வாதம் மறைக்கல்வி சம்பந்தப்பட்டதல்ல. வேல்ஸ்காரர் இந்தத் தீவு முழுவதும் ஒருகாலத்தில் தங்களுடையது என்று பெருமையடிக்கிறவர்கள். திருச்சபைச் சட்டத்தால் கட்டி வைக்காவிட்டால் கிளம்பி விடுவார்கள் என்று பாப்பரசருக்கு எழுதினார். இவ்வளவு வெளிப்படையாக எழுதியதற்கு அவருக்கு நன்றி சொல்ல வேண்டும்.

வேல்ஸ் சிற்றரசர்களும் ஜெரால்டுக்காகப் பாப்பரசருக்குக் கடிதம் போட்டார்கள். லிவெலின் உட்பட. அவர்களுடைய குறைகளில் ஒன்று மொழி. இங்கிலாந்திலிருந்து அனுப்பப்படுகிற ஆயர்களுக்கு எங்கள் மொழி தெரியாது, மொழிபெயர்ப்பாளர் இல்லாமல் பிரசங்கம் வைக்கவோ பாவசங்கீர்த்தனம் கேட்கவோ முடியாது என்றார்கள். பாவத்தைச் சொல்லுவதற்கு நடுவில் இன்னொருவன் நிற்பதை யோசித்துப் பாருங்கள். ஆனால் அவர்கள் முன்னிறுத்திய ஜெரால்டே வேல்ஸ் சனத்துக்குப் பிரெஞ்சில் பிரசங்கம் வைத்தவர்தான். வேறு ஆள் அவர்களிடம் இருக்கவில்லை.

1203இல் பாப்பரசர் தெரிவு செல்லாது என்று தீர்த்தார். ஜெரால்டும் இல்லை, அவருடைய போட்டியாளரும் இல்லை. மூன்றாவது ஒருவர் ஆயரானார். ஜெரால்ட் மிச்சக் காலத்தை எழுதியே கழித்தார். 1280களில் எட்வேர்ட் மன்னன் வேல்ஸ் முழுவதையும் பிடித்தபின் பேராயர் பட்டத்துக் கதை அடங்கிவிட்டது.

புனிதர் அடங்கவில்லை. மதச் சீர்திருத்தம் வந்தபோது, 1538இல் ஆயர் வில்லியம் பார்லோ டேவிட்டின் திருப்பண்டங்களைப் பறித்து வணக்கத்தை நிறுத்தினார். அந்த ஆயரின் ஐந்து பெண்பிள்ளைகளும் ஆயர்மாரையே கலியாணம் கட்டினார்கள். சீதனத்துக்காக மாளிகைக் கூரையின் ஈயத்தகட்டைக் கழற்றி விற்றார் என்று ஊர்க்கதை உண்டு. கதைதான். ஒரு தலைமுறை கழித்து அதே பீடத்தில் இருந்த ரிச்சர்ட் டேவிஸ் தலைகீழாக வாதாடினார்: புரட்டஸ்தாந்து மதம் இங்கிலாந்துச் சரக்கல்ல, ரோமாபுரி கெடுக்குமுன் எங்கள் பழைய பிரித்தானியர் வைத்திருந்த நம்பிக்கைதான். முன்பு பாப்பரசரிடம் கொண்டுபோன அதே பழைய திருச்சபை, இப்போது பாப்பரசருக்கு எதிராகச் சாட்சி சொன்னது.

ஆனால் டேவிஸ் செய்த பெரிய வேலை வேறு. வேல்ஸ் மொழியில் விவிலியம் வரவேண்டும் என்று 1563இல் பாராளுமன்றம் சட்டம் போட்டது. பொறுப்பு வேல்ஸின் நாலு ஆயர்களுக்கும் எல்லைக்கு அந்தப் பக்கம் இருந்த ஹெரிஃபர்ட் ஆயருக்கும். கொடுத்த தவணை 1567 மார்ச் 1, டேவிட்டின் நாள். புதிய ஏற்பாடு 1567இல் வந்தது. பெரும்பகுதி வில்லியம் சால்ஸ்பரியின் உழைப்பு, டேவிஸும் கைகொடுத்தார். முழு விவிலியத்தை 1588இல் முடித்தவர் வில்லியம் மோர்கன். அப்போது அவர் மலைப்பக்கத்துப் பங்குக் குரு, ஆயரானது பிறகுதான். வேல்ஸ் மொழி இன்றைக்கும் உயிரோடு இருப்பதற்கு இந்தப் புத்தகத்தைத்தான் பலரும் காரணம் சொல்லுகிறார்கள். கோயிலில் ஆங்கிலமே கட்டாயமாகியிருந்தால் என்ன நடந்திருக்கும் என்று யோசிக்க, பக்கத்தில் கோர்ன்வோலைப் பார்த்தால் போதும். அங்கே விவிலியம் மொழிபெயர்க்கப்படவில்லை. 18ஆம் நூற்றாண்டோடு அந்த மொழி பேச்சிலிருந்து போய்விட்டது.

புத்தகம் வந்தும் ஆயர்கள் மாறவில்லை. 1727 தொடக்கம் 1870 வரை, வேல்ஸ் மொழியைத் தாய்மொழியாகக் கொண்ட ஒருவரும் வேல்ஸில் ஆயராக நியமிக்கப்படவில்லை. கன பேருக்கு அது இங்கிலாந்தில் நல்ல பதவி கிடைக்கும்வரை இருக்கிற தங்குமடம். 1766இல் பாங்கர் ஆயர், ஆங்கிள்சீ தீவிலுள்ள ட்ரெவ்ட்ரைத் பங்குக்குத் தோமஸ் போல்ஸ் என்ற முதியவரை அனுப்பினார். போல்ஸுக்கு வேல்ஸ் மொழி ஒரு சொல்லும் தெரியாது. பங்கிலிருந்த ஏறத்தாழ 500 பேரில் ஆங்கிலம் தெரிந்தவர்கள் ஐந்து பேர். சனம் வழக்குப் போட்டது. 1773இல் தீர்ப்பு வந்தது: மொழி தெரியாத ஒருவரை நியமித்தது பிழை, ஆனால் நியமித்தாயிற்று, எழுப்ப முடியாது!

சனம் தங்கள் வழியைப் பார்த்துக்கொண்டது. மெதடிஸ்ட், பப்டிஸ்ட் என்று வேல்ஸ் மொழியில் பாடுகிற சிறு ஆலயங்கள் ஊருக்கு ஊர் எழும்பின. 1851இல் கணக்கெடுத்தபோது வழிபாட்டுக்குப் போனவர்களில் ஐந்தில் நான்கு பங்கினர் அங்கேதான் இருந்தார்கள். நாங்கள் போகாத திருச்சபைக்கு ஏன் வரி கட்டவேண்டும் என்று கேட்டார்கள். அந்தப் போராட்டத்தின் முடிவுதான் 1914ஆம் ஆண்டுச் சட்டம். வேல்ஸிலுள்ள நாலு மறைமாவட்டங்களையும் இங்கிலாந்து அரச திருச்சபையிலிருந்து அது வெட்டிவிட்டது. உலகப்போரால் தள்ளிப்போய் 1920 மார்ச் 31இல் அமுலுக்கு வந்தது.

வெட்டிவிட்டால் தலை வேண்டுமே. ஜெரால்ட் கேட்டு 700 வருசத்துக்குப் பிறகு வேல்ஸுக்கு ஒரு பேராயர் கிடைத்தார். அவர் அல்பிரட் ஜோர்ஜ் எட்வேர்ட்ஸ், புனித அசாப் ஆயர். இந்தப் பிரிவினை வரவே கூடாது என்று பல வருசமாக முன்னுக்கு நின்று சண்டை பிடித்தவர்! 1920 ஜூன் 1இல் பதவியேற்றார். பிரதமர் லொயிட் ஜோர்ஜும் வந்திருந்தார். பீடத்தில் அமர்த்தி வைத்தவர் யாரென்று நினைக்கிறீர்கள்? கன்ரபரிப் பேராயர். நடந்த இடம் டேவிட்டின் பேராலயமும் அல்ல, நாட்டின் மறுமூலையிலுள்ள புனித அசாப். இன்றைக்கும் வேல்ஸின் பேராயர் பதவி டேவிட்டின் பீடத்துக்கென்று ஒதுக்கப்பட்டதல்ல. எந்த ஆயருக்கும் போகலாம்.

பெர்னாட் தோண்டித் தேடிய உடலுக்கும் ஒரு கதை மிச்சம் இருக்கிறது. 19ஆம் நூற்றாண்டில் பேராலயத்தைத் திருத்தியபோது சுவருக்குள் சில எலும்புகள் அகப்பட்டன. டேவிட்டுடையதாக இருக்கலாம் என்று பெட்டியில் வைத்துப் பூசித்தார்கள். 1990களில் காபன் சோதனை செய்து பார்த்தார்கள். எலும்புகள் டேவிட்டுக்குப் பல நூறு வருசம் பிந்திய ஆட்களுடையவை. பெட்டியை அவர்கள் அப்புறப்படுத்தவில்லை. பேராலயத்தில் இப்பவும் இருக்கிறது.