மெழுகுதிரி வெளிச்சத்தில் ஒருவர்

படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும் நாம் எழுந்துவிடுகிறோம். அங்கே 'போகஸ் புல்லர்' என்றும் ஒரு பெயர் வரும். நடிகர் அசைய அசைய லென்ஸின் வளையத்தைத் திருப்பி, அவர் முகம் மங்காமல் பார்த்துக்கொள்பவர்.

பிரித்தானியாவின் டக்ளஸ் மில்சம் அப்படி ஒருவர். ஸ்டான்லி குப்ரிக்கின் 'பெரி லின்டன்' (1975) படத்தில் சில காட்சிகளுக்கு மெழுகுதிரி வெளிச்சம் மட்டும்தான். அதற்காக, நாசாவுக்கென்று சைஸ் கம்பனி செய்த எஃப் 0.7 லென்ஸைப் பூட்டினார்கள். அவ்வளவு அகலமாகத் திறந்த லென்ஸில் நடிகர் சற்றே முன்னால் சாய்ந்தாலும் முகம் கலங்கிவிடும். ஆகவே பக்கவாட்டில், 90 பாகையில், ஒரு வீடியோ கமெராவை வைத்து, அதன் திரையில் கட்டங்கள் போட்டு, நடிகர் எவ்வளவு தூரத்தில் இருக்கிறார் என்று பார்த்துப் பார்த்தே வளையத்தைத் திருப்பினார்கள். எங்களைக் கேட்டால், அந்தக் காட்சிகளில் பாதி மில்சமுடையது.

ஒஸ்கார் ஒளிப்பதிவாளர் ஜோன் அல்கொட்டுக்குப் போனது. நியாயம்தான், அவரும் போகஸ் பிடித்தே மேலே வந்தவர். ஆனால் போகஸ் புல்லருக்கென்று ஒஸ்காரில் ஒரு பிரிவே கிடையாது!

'த ஷைனிங்' படத்திலும் மில்சம் குப்ரிக்கோடு இருந்தார். 1987இல் 'ஃபுல் மெட்டல் ஜக்கெட்' வந்தபோது ஒளிப்பதிவாளர் என்ற இடத்தில் அவருடைய பெயர்.

'பெரி லின்டன்' கிடைத்தால் அந்தச் சூதாட்ட மேசைக் காட்சியைப் பாருங்கள். கண்களை மட்டும் கவனியுங்கள்.