எட்மண்ட் பர்க்

எட்மண்ட் பர்க் (1729–1797) அயர்லாந்தில் பிறந்து இங்கிலாந்தில் அரசியல் நடத்தியவர். பிரிட்டிஷ் நாடாளுமன்ற உறுப்பினர், பேச்சாளர், அரசியல் எழுத்தாளர். விக் கட்சியில் ராக்கிங்ஹாம் பிரபுவின் அணியைச் சேர்ந்தவர். அமெரிக்கக் குடியேற்றங்களோடு சமரசம் வேண்டும் என்றார். கிழக்கிந்தியக் கம்பெனியின் கொள்ளையைக் கண்டித்தார். பிரெஞ்சுப் புரட்சியை எதிர்த்தார். இம்மூன்றும் எப்படி ஒரே மனிதருக்குள் அடங்கின என்ற கேள்வி அவர் வாழ்ந்தபோதே எழுந்தது. அவருடைய குடும்பத்தைப் பார்த்தால் பாதி விடை கிடைக்கும். தாய், மனைவி, தம்பி, உறவுமுறை சொல்லிக்கொண்ட வில்லியம், ஒரே மகன் என்று ஒவ்வொருவரும் ஏதாவதொரு விதத்தில் அவருடைய அரசியலுக்குள் நுழைந்திருக்கிறார்கள்.

பிறப்பும் இரு மதக் குடும்பமும்

பர்க் டப்ளினில் பிறந்தார். 1729 ஜனவரி 12 என்பது பெரும்பாலும் ஏற்கப்படும் நாள். 1730 என்பாரும் உண்டு. தந்தை ரிச்சர்ட் டப்ளினில் அட்டர்னியாகத் தொழில் செய்தவர். அயர்லாந்தின் ஆங்கிலிக்கன் சபையைச் சேர்ந்தவர். தாய் மேரி நேகிள், கார்க் மாவட்டத்தின் பிளாக்வாட்டர் ஆற்றுப் பள்ளத்தாக்கில் வேரூன்றிய பழைய கத்தோலிக்கக் குடும்பத்துப் பெண். பிறந்த குழந்தைகளில் நால்வரே பிழைத்து வளர்ந்தனர்: ஜூலியானா, காரெட், எட்மண்ட், ரிச்சர்ட். மகன்கள் தந்தையின் சபையிலும் மகள் தாயின் மதத்திலும் வளர்க்கப்பட்டார்கள்.

அன்றைய அயர்லாந்தில் மதம் வெறும் வழிபாட்டு விஷயமாக இருக்கவில்லை. தண்டனைச் சட்டங்கள் எனப்பட்ட தொகுப்பின்படி கத்தோலிக்கர் நிலம் வாங்க முடியாது, வழக்கறிஞராக முடியாது, நாடாளுமன்றத்தில் உட்கார முடியாது. 1728 முதல் வாக்குரிமையும் பறிபோனது. இதனால் சொத்தையும் தொழிலையும் காப்பாற்றிக்கொள்ள மதம் மாறியவர்கள் ஏராளம். பர்க்கின் தந்தையே அப்படி மாறியவரா, பிறப்பிலேயே புராட்டஸ்டன்டா என்பதில் ஆய்வாளர்கள் இன்னும் ஒத்துப்போகவில்லை. 'ஆங்கிலோ-ஐரிஷ்' என்ற சொல் பொதுவாக அயர்லாந்தை ஆண்ட புராட்டஸ்டன்ட் மேட்டுக்குடியைக் குறிக்கும். பர்க்குக்கு அந்த அடைமொழி சட்டப்படி பொருந்தும். வீட்டுக்குள் போனால் அரைகுறையாகத்தான் பொருந்தும்.

டப்ளினின் ஆற்றங்கரை ஈரம் உடம்புக்கு ஒத்துக்கொள்ளாத சிறுவனைத் தாய்மாமன் வீட்டுக்கு அனுப்பினார்கள். அங்கே, சட்டம் அனுமதிக்காத கத்தோலிக்கக் கிராமப் பள்ளியொன்றில் எழுத்துக் கற்றார். நேகிள் குடும்பத்தில் அவருக்கு உறவான நானோ நேகிள் (1718–1784), பின்னாளில் கார்க் நகரின் ஏழைப் பிள்ளைகளுக்கு மறைவாகப் பள்ளிகள் நடத்தி, பிரசன்டேஷன் கன்னியர் சபையை நிறுவினார். அந்தச் சபையின் கன்னியர் 1842இல் சென்னைக்கு வந்தார்கள். சர்ச் பார்க் பள்ளி அவர்களுடையதுதான்.

1741இல் பர்க்கும் சகோதரர்களும் கில்டேர் மாவட்டத்தின் பாலிட்டோர் ஊரில் ஆபிரகாம் ஷாகில்டன் நடத்திய குவேக்கர் பள்ளியில் சேர்ந்தார்கள். ஆக, தந்தை ஆங்கிலிக்கன், தாய் கத்தோலிக்கர், ஆசிரியர் குவேக்கர். ஆசிரியரின் மகன் ரிச்சர்ட் ஷாகில்டன் ஆயுள் நண்பரானார். பர்க் 1744 முதல் 1748 வரை டப்ளின் டிரினிட்டி கல்லூரியில் படித்தார். 1747இல் அங்கே ஒரு விவாத மன்றம் தொடங்கினார்.

லண்டனும் திருமணமும்

1750இல் சட்டம் படிக்க லண்டனின் மிடில் டெம்பிளுக்குப் போனார். சட்டத்தில் மனம் ஒட்டவில்லை. தந்தைக்குக் கோபம், பணம் வருவது நின்றது. அந்த ஆண்டுகளில்தான் எழுத்தாளர் பர்க் உருவானார். 1756இல் 'இயற்கைச் சமூகத்துக்கு ஒரு வக்காலத்து' என்ற அங்கத நூல் பெயரில்லாமல் வெளிவந்தது. தத்துவ எழுத்தாளர் போலிங்புரோக் பிரபுவின் நடையை அவ்வளவு பிசகில்லாமல் எழுதிக் காட்டியதால், கேலி என்பதே சிலருக்கு விளங்கவில்லை. மறுபதிப்பில் முன்னுரை எழுதி விளக்க வேண்டியதாயிற்று. 1757இல் வந்த 'மேன்மையும் அழகும்' பற்றிய ஆய்வு அழகியலில் இன்றும் படிக்கப்படுகிறது. 1758 முதல் 'ஆனுவல் ரெஜிஸ்டர்' ஆண்டிதழின் ஆசிரியப் பணி கஞ்சிக்கு வழிசெய்தது.

1757 மார்ச்சில் ஜேன் நியூஜென்ட்டை மணந்தார். ஜேனின் தந்தை கிறிஸ்டபர் நியூஜென்ட் அயர்லாந்துக் கத்தோலிக்கர். பர்க்குக்கு வைத்தியம் பார்த்த மருத்துவர். 1764இல் சாமுவேல் ஜான்சனும் ஓவியர் ஜோஷுவா ரெனால்ட்சும் தொடங்கிய இலக்கியக் கழகத்தில் மாமனார், மருமகன் இருவரும் முதல் உறுப்பினர்கள். 1758இல் மகன் ரிச்சர்ட் பிறந்தார். இரண்டாவது பிள்ளை கிறிஸ்டபர் குழந்தையிலேயே இறந்துவிட்டது.

நாடாளுமன்றம்

1765 ஜூலையில் ராக்கிங்ஹாம் பிரபு பிரதமரானபோது பர்க் அவருடைய தனிச் செயலாளரானார். அதே ஆண்டு டிசம்பரில் வெண்டோவர் தொகுதி உறுப்பினர். அந்த இடம் வெர்னி பிரபுவின் கையில் இருந்தது. வாங்கிக் கொடுத்தவர் வில்லியம் பர்க். 1770இல் எழுதிய 'இன்றைய அதிருப்திகளின் காரணம்' என்ற நூல், கட்சி என்பது சதிக்கூட்டம் அல்ல, கொள்கையில் ஒன்றுபட்டவர்களின் கௌரவமான கூட்டு என்று வாதிட்டது. கட்சி என்ற சொல்லே வசவாக இருந்த காலம் அது.

1774இல் பிரிஸ்டல் துறைமுக நகரம் அவரைத் தேர்ந்தெடுத்தது. வென்ற கையோடு வாக்காளர்களுக்கு அவர் சொன்னது: உறுப்பினர் தம் உழைப்பை மட்டுமல்ல, தம் சொந்த அறிவின் தீர்ப்பையும் உங்களுக்குக் கடன்பட்டிருக்கிறார், உங்கள் கருத்துக்காக அதை விட்டுக்கொடுத்தால் அது சேவை ஆகாது. நகரமும் விடவில்லை. அயர்லாந்து வணிகத்துக்குச் சலுகை, கத்தோலிக்கருக்குச் சட்டத் தளர்வு ஆகிய இரண்டையும் அவர் ஆதரித்ததை மறக்காமல், 1780இல் அவரை ஓரங்கட்டியது. அதன்பின் ராக்கிங்ஹாமின் சொந்தத் தொகுதியான மால்டனே கடைசிவரை அடைக்கலம். 1782இலும் 1783இலும் படைச் சம்பளத் தலைமை அலுவலர் பதவி வகித்தார். அமைச்சரவையில் இடம் ஒருபோதும் கிடைக்கவில்லை.

அந்தக் குறுகிய பதவிக்காலத்தில் தம்பி ரிச்சர்ட் கருவூலச் செயலாளர், மகன் ரிச்சர்ட் தந்தைக்கு உதவி அலுவலர், வில்லியம் இந்தியாவில் படைச் சம்பள உதவி அலுவலர். அரண்மனையின் வீண் பதவிகளை ஒழிக்கும் சிக்கனச் சட்டத்தை 1782இல் கொண்டுவந்தவரும் இவர்தான். எதிரிகள் சிரித்ததில் தவறில்லை.

பீக்கன்ஸ்ஃபீல்டு வீடு

1768இல் பக்கிங்ஹாம்ஷயரில் பீக்கன்ஸ்ஃபீல்டு அருகே கிரெகரிஸ் என்ற மாளிகையும் சுமார் 600 ஏக்கர் நிலமும் வாங்கினார். விலை ஏறத்தாழ 20,000 பவுன், பெரும்பகுதி கடன். எட்மண்ட், தம்பி ரிச்சர்ட், வில்லியம் மூவரும் ஒரே பணப்பை வைத்திருந்தார்கள் என்று சொல்லுமளவுக்குக் கூட்டுக் குடும்பம் அது. வில்லியமும் எட்மண்டும் ஒருவரையொருவர் உறவினர் என்று அழைத்துக்கொண்டார்கள். இரத்த உறவு எந்த வழி என்பதை யாரும் நிறுவவில்லை. வில்லியமும் ரிச்சர்டும் வெர்னி பிரபுவோடு சேர்ந்து கிழக்கிந்தியக் கம்பெனிப் பங்குகளில் சூதாடினார்கள். 1769இல் பங்கு விலை சரிந்தது. வெர்னி நொடித்துப்போனார், பின்னாளில் எட்மண்ட் மீதே வழக்குத் தொடுத்தார். பர்க் குடும்பம் கடனிலிருந்து கடைசிவரை மீளவில்லை. 1782இல் இறக்கும் தறுவாயில் ராக்கிங்ஹாம் பர்க்கின் கடன் பத்திரங்களை ரத்து செய்யச் சொன்னார். 1792இல் ரெனால்ட்சின் உயிலும் அவ்வாறே 2,000 பவுனைத் தள்ளுபடி செய்தது.

கடன் கழுத்தை நெரித்தாலும் வீட்டில் விருந்தாளிகள் குறையவில்லை. கார்க் நகர ஓவியர் ஜேம்ஸ் பாரி ரோமில் படிக்கப் பணம் கொடுத்தார். பசியோடு வந்து நின்ற கவிஞர் ஜார்ஜ் கிராபைத் தூக்கிவிட்டார். 1781இல் மராட்டியர் ரகுநாதராவின் தூதராக லண்டனுக்கு வந்து, தம் ஆசாரப்படி சமைத்துண்ண இடமின்றித் தவித்த ஒரு பிராமணரையும் அவருடன் வந்த இரு பார்சிகளையும் வீட்டுக்கு அழைத்து, தோட்டத்துக் கண்ணாடிக் குடிலைச் சமையலுக்கு ஒழித்துக் கொடுத்தார்.

தஞ்சாவூரும் ஆற்காடும்

குடும்பக் கடன்தான் தமிழ்நாட்டை பர்க்கின் வாழ்க்கைக்குள் கொண்டுவந்தது. 1773இல் கம்பெனிப் படை, ஆற்காட்டு நவாப் முகமது அலி வாலாஜாவுக்காகத் தஞ்சாவூரைப் பிடித்து மன்னர் துளஜாஜியைச் சிறைவைத்தது. கம்பெனி இயக்குநர்களின் உத்தரவுப்படி 1776இல் சென்னை ஆளுநர் பிகாட் பிரபு துளஜாஜியை மீண்டும் அரியணையில் அமர்த்தினார். நவாபுக்குக் கடன் கொடுத்திருந்த ஆங்கிலேயர்களுக்கு அது பேரிடி: தஞ்சை வருமானம்தான் அவர்களுடைய அடமானம். முன்னணியில் நின்றவர் பால் பென்ஃபீல்டு. சொற்பச் சம்பளக்காரரான அவர் நவாபிடமிருந்தும் தஞ்சைக் குடிகளிடமிருந்தும் தமக்கு வரவேண்டியதாகக் காட்டிய தொகை இரண்டேகால் லட்சம் பவுனைத் தாண்டியது. 1776 ஆகஸ்டில் கவுன்சில் உறுப்பினர்களே ஆளுநரைக் காவலில் வைத்தார்கள். மறு ஆண்டு அவர் காவலிலேயே இறந்து, புனித ஜார்ஜ் கோட்டைக்குள் இருக்கும் புனித மேரி தேவாலயத்தில் அடக்கமானார்.

1777இல் பிகாட்டுக்கான கடிதங்களை எடுத்துக்கொண்டு, இழந்த பணத்தை இந்தியாவில் மீட்கும் எண்ணத்தோடு வில்லியம் பர்க் சென்னைக்குப் புறப்பட்டார். வந்து சேர்ந்தபோது பிகாட் உயிரோடு இல்லை. தஞ்சை மன்னரின் முகவரானார் வில்லியம். அதன்பின் எட்மண்டுக்குத் தஞ்சையின் தரப்பு வீட்டுச் செய்தியாகவே வந்து சேர்ந்தது. இது நியாயத்துக்காகவா, கூலிக்காகவா? வில்லியமுக்குக் கூலி முக்கியம். எட்மண்ட் அதனால் ஆதாயம் அடையவில்லை; ஆனால் ஒரு தரப்பின் கண்ணாலேயே கர்நாடகத்தை, அதாவது ஆற்காட்டு நவாபின் ஆட்சிப் பகுதியை, பார்த்தார்.

1785 பிப்ரவரி 28இல் காமன்ஸ் சபையில் நவாபின் கடன்கள் பற்றி அவர் ஆற்றிய உரை அந்தப் பார்வையின் விளைவு. 1780இல் மைசூரின் ஹைதர் அலியின் குதிரைப்படை மலைக் கணவாய் வழியே கர்நாடகச் சமவெளியில் இறங்கிய காட்சியை அவர் வருணித்த பகுதி, பின்னாளில் ஆங்கிலச் சொல்வன்மைக்குப் பாடமாயிற்று. நமக்கு அதைவிட முக்கியமானது ஏரிகளைப் பற்றி அவர் சொன்னது. கம்பெனியின் செங்கல்பட்டு ஜாகீர் வரைபடத்தை விரித்து வைத்து எண்ணிப் பார்த்ததாகவும், அந்த ஒரு படத்திலேயே ஆயிரத்து நூறுக்கு மேற்பட்ட நீர்நிலைகள் இருந்ததாகவும் சொன்னார். இவற்றைக் கட்டிய அரசர்கள் தங்கள் மக்களுக்குத் தந்தையராக இருந்து, வருங்காலத் தலைமுறையையும் தம்முடையதாகக் கருதியவர்கள் என்றும், வட்டிக் கணக்கு எழுதுவோரின் ஆட்சியில் அவை தூர்ந்துபோகின்றன என்றும் வாதிட்டார். தமிழ் மண்ணில் ஒருநாளும் கால்வைக்காத ஒருவர், லண்டனில் உட்கார்ந்து வரைபடத்தில் ஏரி எண்ணியதை வேறு எந்த ஆங்கில அரசியல்வாதியிடமும் காண்பது கடினம். பதில் பேசத் தேவையில்லை என்று பிரதமர் பிட் முடிவு செய்தார். தீர்மானம் தோற்றது.

வங்காளத்தின் முன்னாள் தலைமை ஆளுநர் வாரன் ஹேஸ்டிங்ஸ் மீது பர்க் முன்னின்று நடத்திய குற்ற விசாரணை 1788 பிப்ரவரியில் வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபத்தில் தொடங்கியது. கூட்டம் முண்டியடித்தது, பர்க்கின் தொடக்க உரை நான்கு நாள் நீண்டது. வழக்கு ஏழாண்டு இழுபட்டு, 1795 ஏப்ரலில் ஹேஸ்டிங்ஸ் விடுதலையானபோது ஊருக்கே சலித்துவிட்டிருந்தது. அதையே தம் வாழ்நாளின் தலையாய பணியாக பர்க் கடைசிவரை கருதினார்.

பிரெஞ்சுப் புரட்சி

1790 நவம்பரில் வந்த 'பிரெஞ்சுப் புரட்சி பற்றிய சிந்தனைகள்' அவரை ஐரோப்பா முழுவதும் அறியப்பட்டவராக்கியது. ஓராண்டுக்குள் பத்துக்கும் மேற்பட்ட பதிப்புகள் கண்டது. குடும்பத்துக்கு அறிமுகமான தெபோன் என்ற பிரெஞ்சு இளைஞருக்கு எழுதும் கடிதமாக அது அமைந்தது. சமூகம் என்பது வாழ்வோர், மாண்டோர், பிறக்கப்போவோர் மூவருக்கும் இடையிலான ஒப்பந்தம் என்ற அவருடைய கருத்து இதில்தான் வருகிறது. ஏரி கட்டிய அரசர்களைப் பற்றி ஐந்தாண்டுக்கு முன் சொன்னதன் விரிவாகவே இதைப் படிக்கலாம். மேரி உல்ஸ்டன்கிராஃப்ட் சில வாரங்களிலேயே மறுப்பு எழுதினார். 1791இல் தாமஸ் பெய்னின் 'மனித உரிமைகள்' வந்தது. அதே ஆண்டு மே 6 அன்று காமன்ஸ் சபையில், கால் நூற்றாண்டு நெருக்கத்தை பர்க் முறித்துக்கொள்ள, விக் கட்சித் தலைவர் சார்ல்ஸ் ஜேம்ஸ் ஃபாக்ஸ் கண்ணீர் விட்டார்.

மகனும் முடிவும்

மகன் ரிச்சர்டைத் தந்தை தம்மைவிடத் திறமையானவர் என்று நம்பினார். நண்பர்களில் அப்படி நினைத்தவர் அரிது. 1791இல் கோப்லென்ட்ஸ் சென்று, நாடு துறந்த பிரெஞ்சுப் பிரபுக்களைச் சந்தித்தார் ரிச்சர்ட். பிறகு டப்ளின் கத்தோலிக்கக் குழுவின் முகவரானார். பாட்டியின் மதத்தாருக்காக வாதாட எடுத்த அந்தப் பொறுப்பைத் திறம்படச் செய்யவில்லை. 1792இல் அவருடைய இடத்துக்கு உல்ஃப் டோன் வந்தார். பின்னாளில் பிரெஞ்சுப் படையோடு அயர்லாந்துக் கிளர்ச்சிக்கு வந்த அதே டோன். தந்தை பர்க் அந்த ஆண்டு அயர்லாந்து நாடாளுமன்ற உறுப்பினர் லாங்ரிஷுக்கு எழுதிய கடிதத்தில் கத்தோலிக்கருக்கு வாக்குரிமை கேட்டார். கேலிச்சித்திரக்காரர்களோ அவரை மூக்குக்கண்ணாடி மாட்டிய ஜெசூட் பாதிரியாராகவே வரைந்துவந்தார்கள்.

1794 பர்க்கின் வீட்டைக் காலி செய்த ஆண்டு. பிப்ரவரியில் தம்பி ரிச்சர்ட் இறந்தார். கோடையில் பர்க் நாடாளுமன்றத்திலிருந்து விலக, ஜூலையில் மால்டன் தொகுதி மகனுக்கு வந்தது. காசநோய் முற்றியிருந்தது. ஆகஸ்ட் 2 அன்று, 36 வயதில், மகன் இறந்தார். பர்க்குக்கு பீக்கன்ஸ்ஃபீல்டு பிரபு என்று பட்டமளிக்கும் பேச்சு நடந்துகொண்டிருந்தது. வாரிசு இல்லாத பட்டம் எதற்கென்று கைவிடப்பட்டது. அதே பெயரில் 1876இல் பிரதமர் டிஸ்ரேலி பட்டம் பெற்றார். பட்டத்துக்குப் பதிலாக வந்த ஓய்வூதியத்தை பெட்ஃபோர்டு கோமகன் பழித்தபோது, 1796இல் 'ஒரு பிரபுவுக்குக் கடிதம்' எழுதினார் பர்க். மன்னர் அள்ளிக்கொடுத்த நிலத்தில் கொழுத்த பரம்பரை, உழைத்துக் களைத்த கிழவனின் ஊதியத்தைக் கேட்கலாமா என்ற அந்தச் சீற்றத்துக்கு அடியில் மகனை இழந்த தகப்பனின் குரல் கேட்கிறது.

அகதிப் பிரெஞ்சுக் குடும்பங்களின் சிறுவர்களுக்குப் பக்கத்துப் பென் ஊரில் 1796இல் பர்க் பள்ளி தொடங்கினார். 1797 ஜூலை 9 அன்று பீக்கன்ஸ்ஃபீல்டில் இறந்தார். ஊர்த் தேவாலயத்தில் மகனுக்கும் தம்பிக்கும் அருகே அடக்கம் செய்தார்கள். இந்தியாவிலிருந்து வெறுங்கையோடு திரும்பியிருந்த வில்லியம் மறு ஆண்டு போய்ச் சேர்ந்தார். ஜேன் 1812 வரை வாழ்ந்தார். அடுத்த ஆண்டே கிரெகரிஸ் மாளிகை தீப்பற்றி அழிந்தது. ஆண் வழி அற்றுப்போன பர்க் பெயரை எடுத்துக்கொண்டவர் தாமஸ் ஹாவிலண்ட் பர்க்: கால்வே மாவட்டத்தின் பேட்ரிக் ஃபிரெஞ்சை மணந்து, தாயின் மதத்திலேயே வாழ்ந்த அக்காள் ஜூலியானாவின் மகள்வழிப் பேரன்.