மணலிக் குழாயும் தில்லிக் கொள்கையும்



அத்திப்பட்டில் அஸர் தொழுகைக்குப் பின் நடைபெறும் மக்தப் வகுப்பு ஒருநாள் முடிந்த வேளையில், பன்னிரண்டு வயது மாணவன் ஒருவன் என்னருகே வந்து நின்றான். "ஹஜ்ரத், ஃபலஸ்தீன் விஷயத்துல நம்ம நாடு யாரு பக்கம்?" என்று கேட்டான். அவனுடைய அத்தா கத்தாரில் வேலை பார்ப்பவர். ஒற்றைச் சொல்லில் விடை கூற என்னால் இயலவில்லை. "நம் பக்கம்" என்றால் முழு உண்மையாகாது; "எதிர்ப்பக்கம்" என்றாலும் அவ்வாறே. அவனுக்கு அன்று தர இயலாத விடையைத் தேடியதன் விளைவே இக்கட்டுரை.

உலகை ஆட்டிப் படைக்கும் பேரரசுகள் ஒருபுறம். பிறர் சொல்வதைக் கேட்டு நடக்கும் சிறு நாடுகள் மறுபுறம். இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட வல்லமை உடையது நம் நாடு. இத்தகைய நாட்டால் பிறருக்குக் கட்டளையிட இயலாது. பிறர் கட்டளைக்கு அப்படியே பணியவும் மனம் வராது. அறம், தேவை, அச்சம் ஆகிய மூன்றையும் தராசில் இட்டு நிறுத்தே ஒவ்வோர் அடியையும் அது எடுத்து வைக்கிறது. அத்தராசு எப்போதெல்லாம் எப்பக்கம் சாய்ந்தது என்பதே வெளியுறவுக் கொள்கையின் வரலாறு.

கொள்கை ஓங்கிய காலம்

1947ஆம் ஆண்டு ஃபலஸ்தீன் பிரச்சினையை ஆராய ஐக்கிய நாடுகள் சபை 11 நாடுகள் கொண்ட குழுவை அமைத்தது. இந்தியாவின் சார்பில் அதில் அமர்ந்தவர் நீதிபதி சர் அப்துர் ரஹ்மான். பெரும்பான்மையோர் நாட்டை இரண்டாகப் பிரிக்கப் பரிந்துரைத்தனர். இந்தியா, ஈரான், யூகோஸ்லாவியா ஆகிய மூன்று நாடுகள் மட்டும், அரபியரும் யூதரும் ஒரே கூட்டாட்சியில் வாழும் திட்டத்தை முன்வைத்தன. அவ்வாண்டு நவம்பர் 29 அன்று பிரிவினைத் தீர்மானம் 33 வாக்குகளுடன் நிறைவேறியது. எதிர்த்து வாக்களித்த 13 நாடுகளுள் இந்தியாவும் ஒன்று. பிரிவினையின் குருதி நம் மண்ணில் அப்போது காய்ந்திருக்கவில்லை என்பதை எண்ணிப் பார்த்தால், அவ்வாக்கின் கனம் விளங்கும்.

1950 செப்டம்பரில் இந்தியா இஸ்ரேலை ஒரு நாடாக அங்கீகரித்தது. ஆயினும் முழுத் தூதரக உறவு வைத்துக்கொள்ளவில்லை. பம்பாயில் ஒரு துணைத் தூதரகத்துக்கு மட்டுமே இடம் தந்தது. 1955இல் பாண்டுங்கில் 29 ஆசிய, ஆப்பிரிக்க நாடுகள் கூடியபோதும், 1956இல் சூயஸ் கால்வாய்க்காக எகிப்து தாக்கப்பட்டபோதும், நேருவின் இந்தியா அரபு மக்களின் பக்கமே நின்றது. காஸாவில் ஐ.நா. அமைதிப்படையில் பணியாற்றிய நம் படைவீரர்கள் சிலர் 1967 போரில் உயிரிழந்தனர்.

மணலி சொல்லும் கதை

கொள்கை மட்டுமே அடுப்பை எரிக்காது. நம் ஊருக்கு அருகிலேயே அதற்குச் சான்று இருக்கிறது.

1965இல் இந்தியாவும் பாகிஸ்தானும் போரிட்டன. அப்போது மன்னர் ஷாவின் ஆட்சியில் இருந்த ஈரான், பாகிஸ்தானின் பக்கம் நின்றது. இரு நாடுகளும் மேற்கத்திய இராணுவக் கூட்டணியில் தோழர்கள். ஆனால் அதே 1965இன் இறுதியில், இந்திய அரசும் ஈரான் தேசிய எண்ணெய் நிறுவனமும் அமெரிக்காவின் அமோகோ நிறுவனமும் சேர்ந்து மெட்ராஸ் ரிஃபைனரீஸ் என்னும் கூட்டு நிறுவனத்தைத் தொடங்கின. 1969இல் மணலி ஆலை இயங்கத் தொடங்கியது. ஆண்டுக்கு 25 இலட்சம் டன் கச்சா எண்ணெயைச் சுத்திகரிக்கும் அளவில் அது அமைந்தது. ஈரானிய எண்ணெய் கப்பலில் சென்னைத் துறைமுகம் வந்து, குழாய்வழி மணலியை அடைந்தது.

போரில் எதிரிக்குத் துணை நின்ற நாட்டோடு அதே ஆண்டில் கூட்டு வணிகம்! இதைச் சிலர் முரண்பாடு என்பர். கோபத்தை விழுங்கிக்கொண்டு மக்களின் தேவையை முன்வைத்த நிதானம் என்றே எனக்குத் தோன்றுகிறது. அந்த ஆலையால் மணலியிலும் திருவொற்றியூரிலும் எண்ணூரிலும் எத்தனை குடும்பங்களுக்கு ரிஸ்க் கிடைத்தது என்பதை நாம் அறிவோம். சென்னை பெட்ரோலியம் என்று இப்போது பெயர் மாறியுள்ள அந்நிறுவனத்தில் ஈரானின் பங்கு தொடர்ந்து நீடித்து வந்துள்ளது.

அவமதிப்பும் ஆதரவும்

1969 செப்டம்பரில் மொராக்கோவின் ரபாத் நகரில் முஸ்லிம் நாடுகளின் உச்சி மாநாடு கூடியது. அல்-அக்ஸா பள்ளிவாசலுக்குத் தீ வைக்கப்பட்ட கொடுமையே அதற்குக் காரணம். இந்தியாவுக்கும் அழைப்பு வந்தது. ஃபக்ருத்தீன் அலீ அஹ்மத் தலைமையில் குழு சென்றது. பாகிஸ்தானின் எதிர்ப்பால் அக்குழு மாநாட்டில் அமர இயலாமல் திரும்பியது. தில்லிக்கு அது பெரும் அவமதிப்பு.

அதற்காக இந்தியா ஃபலஸ்தீனைக் கைவிட்டுவிடவில்லை. ஃபலஸ்தீன விடுதலை இயக்கத்தை 1974இல் அங்கீகரித்தது. அரபு நாடுகளுக்கு வெளியே முதலில் அவ்வாறு செய்தது இந்தியாதான். 1988 நவம்பரில் ஃபலஸ்தீன் தனி நாடாக அறிவிக்கப்பட்டபோது உடனடியாக அங்கீகரித்த நாடுகளுள்ளும் இந்தியா இருந்தது. அறத்தோடு கூடவே தேவையும் இதில் இருந்தது. 1973 போருக்குப் பின் எண்ணெய் விலை ஏறத்தாழ நான்கு மடங்காக உயர்ந்திருந்தது. நம் இளைஞர்களும் வளைகுடாவுக்குச் செல்லத் தொடங்கியிருந்தனர்.

திருப்புமுனை

1990 ஆகஸ்ட் 2 அன்று ஈராக் படைகள் குவைத்தில் நுழைந்தன. அங்கிருந்த நம் மக்களின் உயிர் ஊசலாடியது. வெளியுறவு அமைச்சர் ஐ.கே. குஜ்ரால் பக்தாதுக்கே சென்று சதாம் ஹுசைனைச் சந்தித்தார். ஒரு இலட்சத்திற்கும் மேற்பட்ட இந்தியர் ஜோர்தானின் அம்மான் வழியாக விமானங்களில் தாயகம் மீட்கப்பட்டனர். ஆனால் ஆக்கிரமிப்பை வெளிப்படையாகக் கண்டிக்க இந்தியா தயங்கியதைக் குவைத் மக்கள் நெடுநாள் மறக்கவில்லை. சிக்கிக்கொண்ட தம் மக்களை மீட்கும் பொறுப்பு ஒருபுறம், அநீதி இழைக்கப்பட்ட நாட்டுக்காகக் குரல் கொடுக்கும் கடமை மறுபுறம். அன்று தில்லியில் அமர்ந்திருந்தவர்களின் நிலையில் நாம் இருந்திருந்தால் எதைத் தேர்ந்திருப்போம்?

அடுத்த ஆண்டு அந்நியச் செலாவணி வற்றியது. நாட்டின் தங்கத்தை வெளிநாட்டில் அடகு வைக்கும் நிலை வந்தது. டிசம்பரில் சோவியத் ஒன்றியம் மறைந்தது. மத்ரித் மாநாட்டில் அரபியரும் ஃபலஸ்தீனரும் இஸ்ரேலுடன் ஒரே மேசையில் அமர்ந்திருந்தனர். இச்சூழலில் 1992 ஜனவரி 29 அன்று நரசிம்ம ராவ் அரசு இஸ்ரேலுடன் முழுத் தூதரக உறவை ஏற்படுத்தியது. ஃபலஸ்தீனுக்குத் தந்த அங்கீகாரத்தைத் திரும்பப் பெறவில்லை. இம்முடிவை வெறும் துரோகம் என்றே மாணவர்களிடம் பல ஆண்டுகள் கூறிவந்தேன். அந்த ஆண்டுகளின் நெருக்கடியைப் படித்தறிந்த பின், அச்சொல் எளிதில் சொல்லத்தக்கதன்று என்பதை உணர்ந்தேன்.

தராசின் புதிய சாய்வு

அதன்பின் மாற்றம் விரைந்தது. அமெரிக்காவுடன் அணுசக்தி உடன்பாடு பேசப்பட்ட 2005இல், சர்வதேச அணுசக்தி முகமையில் ஈரானுக்கு எதிராக இந்தியா வாக்களித்தது. 2019 மே மாதம் அமெரிக்கா தடைவிலக்கை முடித்துக்கொண்டதும், ஈரானிய எண்ணெய் வாங்குவதை இந்தியா நிறுத்தியது. ஈரானிய எண்ணெய்க்காகவே பிறந்த மணலி ஆலைக்கும் அந்த எண்ணெய் நின்றுபோனது. வாஷிங்டனில் எடுத்த முடிவு நம் ஊர்க் குழாயில் வந்து முடிந்தது.

மறுபுறம், ரபாத்தில் வெளியேற்றப்பட்ட இந்தியாவின் வெளியுறவு அமைச்சர் சுஷ்மா ஸ்வராஜ், 2019 மார்ச்சில் அபூதாபியில் இஸ்லாமிய ஒத்துழைப்பு அமைப்பின் கூட்டத்தில் சிறப்பு விருந்தினராக உரையாற்றினார். 2017இல் பிரதமர் மோடி இஸ்ரேல் சென்றார். 2018இல் ரமல்லாவுக்கும் சென்றார். இரண்டும் இந்தியப் பிரதமரின் முதற்பயணங்களே. நம் காட்டுப்பள்ளித் துறைமுகத்தை நடத்தும் அதானி குழுமமே 2023 முதல் ஹைஃபா துறைமுகத்தையும் நடத்துகிறது.

காஸா போரில் இந்தத் தராசின் ஆட்டத்தை எல்லோரும் கண்டோம். 2023 அக்டோபரில் போர் ஓயக் கோரிய ஐ.நா. தீர்மானத்தில் இந்தியா வாக்களிக்காமல் விலகியது. டிசம்பரில் ஆதரித்தது. 2024 மே மாதம் ஃபலஸ்தீனின் உறுப்புரிமைக்கு ஆதரவளித்தது. செப்டம்பரில் ஆக்கிரமிப்பை முடிக்கக் கோரிய தீர்மானத்தில் விலகியது. 2025 ஜூனில் மீண்டும் விலகி, செப்டம்பரில் இரு நாட்டுத் தீர்வுக்கு ஆதரவாக வாக்களித்தது.

எதைக் கொண்டு அளப்பது?

விட்டுக்கொடுத்தல் என்றதும் நம்மில் பலர் ஹுதைபியாவைச் சான்று காட்டுவர். ஹிஜ்ரி 6இல் நபி (ஸல்) அவர்கள் செய்த அவ்வுடன்படிக்கை ஸஹாபாக்களுக்கே கசந்தது. விலங்குடன் தப்பி வந்த அபூ ஜந்தல் (ரலி) அவர்களையும் ஒப்பந்தப்படி திருப்பி அனுப்ப நேர்ந்தது. எனினும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அங்கே விட்டுக்கொடுக்கப்பட்டது முஸ்லிம்களின் சொந்தக் கௌரவமும் வசதியும். உண்மை விட்டுக்கொடுக்கப்படவில்லை, தந்த வாக்கு முறிக்கப்படவில்லை. ஆகவே எந்த அரசின் எந்தச் சமரசத்துக்கும் ஹுதைபியாவைப் போர்வையாக்குதல் முறையன்று.

இந்த அளவுகோலை நம் நாட்டின் மீது வைத்துப் பார்க்கலாம். 1965இல் மணலிக்காக விழுங்கப்பட்டது நம் சொந்தக் கோபம், அது பாராட்டுக்குரியது. இடிபாடுகளுக்குள் குழந்தைகள் கிடக்கும்போது வாக்களிக்காமல் விலகினால், அங்கே விட்டுக்கொடுக்கப்படுவது பிறருடைய உரிமை. அதை நிதானம் என்று என்னால் அழைக்க இயலவில்லை. குடிமக்கள் என்ற முறையில் அதை எடுத்துச் சொல்லும் உரிமை நமக்கு உண்டு. வாட்ஸ்அப் வதந்திகளைப் பரப்பாமல், ஆண்டும் வாக்கும் அறிந்து, நம் தொகுதி நாடாளுமன்ற உறுப்பினரிடம் முறையாகக் கேட்பதே அதற்கு வழி.

அம்மாணவனுக்கு இப்போது இப்படிச் சொல்வேன்: "தம்பி, நம்ம நாடு நெடுங்காலம் ஒடுக்கப்பட்டவங்க பக்கம் நின்ன நாடு. இப்போ இரண்டு கரையிலும் காலை வச்சு நிக்குது. அது எந்தக் கரைக்குப் போகணும்னு சொல்ற உரிமை நாளைக்கு உன் கையிலயும் இருக்கும்."

அல்லாஹ் நம் நாட்டை நீதியின் பக்கம் நிலைபெறச் செய்வானாக! அநீதிக்குள்ளானோர்க்கு விடியலைத் தருவானாக! வளைகுடாவில் உழைக்கும் நம் உறவுகளைப் பாதுகாப்பானாக! ஆமீன்.

வஸ்ஸலாம்.