ஒரு மணி நேரம் இரண்டு முறை வந்த இரவு

போன மாதம் பேரன் விடுமுறைக்கு வந்திருந்தான். காலையில் காபி குடித்துக்கொண்டிருக்கும்போது கேட்டான்: "தாத்தா, நான் டைம் மெஷின்ல பின்னாடி போய் சின்ன வயசுல இருக்கிற உங்களைக் கொன்னுட்டா, அப்புறம் நான் எப்படிப் பிறந்திருப்பேன்?"

காபி ஆறிப்போயிற்று. கேள்வி எனக்குப் புதிதில்லை. நான் புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன். ரெனே பர்ஜவெல் என்ற பிரெஞ்சு எழுத்தாளர் 1944-இல் ஒரு நாவல் வெளியிட்டார். அதில் வருபவன் 1793-க்குப் போய் நெப்போலியனைச் சுடப் பார்க்கிறான். குறுக்கே வந்த சிப்பாய் செத்துப்போகிறான். அந்தச் சிப்பாய் இவனுடைய மூதாதை! இவன் பிறக்கவே வழியில்லை. பிறக்காதவன் எப்படிச் சுட்டான்?

பேரன் விடவில்லை. இப்படி ஒரு முரண்பாட்டை வேண்டுமென்றே உண்டாக்கி, அது கலையாமல் நிற்கும்படி செய்கிற விஞ்ஞானிகளைப் பற்றி ஏதோ கதை படித்தானாம். "அது கதைடா. ஆனா நம்ம சர்க்காரே அப்படி ஒண்ணு செஞ்சிருக்கு, தெரியுமா?" என்றேன். அவனிடம் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அந்தக் காலத்தில் ஊருக்கு ஒரு நேரம். சூரியன் உச்சிக்கு வந்தால் பன்னிரண்டு. கிழக்கே ஒரு டிகிரி போனால் நான்கு நிமிஷம் முன்னால். கல்கத்தா சென்னையைவிட 32 நிமிஷம் முன்னே, பம்பாய் அரை மணி பின்னே. கால்நடையாகவும் மாட்டு வண்டியிலும் போனவரை இது யாருக்கும் உறுத்தவில்லை. தந்தி வந்ததும்தான் வேடிக்கை. கல்கத்தா கடிகாரப்படி பத்து மணிக்குப் புறப்பட்ட செய்தி, சென்னைக் கடிகாரப்படி ஒன்பதரைக்கு வந்து நிற்கும். அனுப்புவதற்கு முன்பே வந்துவிட்டது!

இதைத் தீர்க்க, தந்தி இலாகாவும் பிறகு ரயில்வேயும் இந்தியா முழுவதற்கும் சென்னை நேரத்தை எடுத்துக்கொண்டன. இரண்டு பெரிய நகரங்களுக்கும் சென்னை ஏறக்குறைய நடுவில் இருந்தது. நுங்கம்பாக்கத்தில் 1792-இல் கட்டிய வானாய்வு நிலையமும் கையில் இருந்தது. அதன் கருங்கல் தூணை இன்றும் வானிலை ஆய்வு மைய வளாகத்தில் பார்க்கலாம். ஆனால் பம்பாய்க்காரர்கள் ஊருக்குள் தங்கள் நேரத்தை விடவில்லை. ரயிலுக்கு ஒரு மணி, வீட்டுக்கு ஒரு மணி.

பிரான்சில் இன்னும் வேடிக்கை. ஸ்டேஷனின் வெளிச்சுவரில் பாரீஸ் நேரம். உள்ளே போனால் கடிகாரம் ஐந்து நிமிஷம் பின்னால் காட்டும். ஓடி வரும் பயணிக்கு ரயில் தப்பக் கூடாது என்று வேண்டுமென்றே செய்த ஏற்பாடு அது. 1911 வரை இருந்தது. எல்லோருக்கும் தெரிந்த பொய் ஆனதால் யாருக்கும் நஷ்டமில்லை.

1906 ஜனவரி 1 முதல் நமக்கு இந்திய நேரம் வந்தது. சென்னைக் கடிகாரம் ஒன்பது நிமிஷம் முன்னே போயிற்று. கல்கத்தா 1948 வரையிலும் பம்பாய் 1955 வரையிலும் தங்கள் பழைய நேரத்தை விடவில்லை.

பிறகு யுத்தம். 1942 செப்டம்பர் 1 அன்று சர்க்கார் எல்லாக் கடிகாரங்களையும் ஒரு மணி நேரம் முன்னே தள்ளியது. 1945 அக்டோபர் நடுவில் ஓர் இரவு திருப்பி வைத்தது. அன்று ஒரு மணி நேரம் இரண்டு முறை வந்தது. முள்ளைத் திருப்புமுன் ஒரு குழந்தையும் திருப்பியபின் அதன் இரட்டையும் பிறந்திருந்தால், ரிஜிஸ்தரில் தம்பி அண்ணனாகியிருப்பான்!

சிரிப்பாக இருக்கிறதல்லவா? எங்கள் வீட்டில் இது சிரிப்பாக இல்லை.

என் அக்கா 1944-இல் ஸ்ரீபெரும்புதூரில் பாட்டி வீட்டில் பிறந்தாள். சுவர்க் கடிகாரத்தைப் பார்த்து விடியற்காலை ஐந்தரை என்று தாத்தா குறித்துவைத்தார். அதை வைத்து ஜாதகம் எழுதினார்கள். லக்னத்துக்கு எட்டில் செவ்வாய். பெண் பார்க்க வந்தவர்கள் ஜாதகத்தைப் புரட்டிவிட்டு எழுந்து போனார்கள். இப்படி மூன்று வருஷம். அக்கா யாரிடமும் பேசாமல் கிணற்றடியிலேயே உட்கார்ந்திருப்பாள். அப்பா அந்த நோட்டை எடுக்கும்போதெல்லாம் அம்மா அடுக்களைக்குள் போய்விடுவாள்.

கடைசியில் காஞ்சிபுரத்தில் ஒரு வயதான ஜோசியர் வருஷத்தைப் பார்த்ததும் நிமிர்ந்தார். "இது யுத்த மணியா, பழைய மணியாங்க?" என்று கேட்டார். அப்பாவுக்குப் பதில் தெரியவில்லை. ஊருக்கு ஆள் விட்டுத் தாத்தாவைக் கேட்டோம். "சர்க்கார் மணிதான்" என்றார். ஜோசியர் யுத்தத்துக்காக ஒரு மணி நேரம் கழித்தார், உள்ளூர்ச் சூரியனுக்காக இன்னும் பத்து நிமிஷம் கழித்தார். லக்னம் ஒரு வீடு பின்னே போயிற்று. செவ்வாய் எட்டிலிருந்து ஒன்பதுக்குப் போனது. தோஷம் இல்லை! அடுத்த தை மாதம் அக்காவுக்குக் கல்யாணம்.

ஜாதகத்தை நம்புவதா வேண்டாமா என்பது வேறு பேச்சு. மூன்று வருஷக் கண்ணீருக்குக் காரணம் செவ்வாய் இல்லை, நோட்டில் எழுதாமல் விட்ட ஒரு வார்த்தை. குமாஸ்தாவாக வேலைக்குப் போனபின் தபால் பதிவேட்டில் நேரம் எழுதும்போதெல்லாம் எனக்கு அது நினைவுக்கு வரும்.

நேரத்தில் முரண்பாட்டை மனிதன் உண்டாக்கலாம், அது நிலையாக நிற்கவும் செய்யும். எந்தக் கடிகாரம் என்று எல்லோரும் ஞாபகம் வைத்திருக்கிறவரைதான் அது தொல்லை தராது. இங்கே இருங்காட்டுக்கோட்டையில் மாடி வீட்டுப் பையன் கார் கம்பெனியில் வேலை பார்க்கிறான். கொரியாவில் ஒன்பது மணிக்கு அனுப்பிய கடிதம் அவனுக்குக் காலை ஐந்தரைக்கே வந்துவிடுகிறது. அவன் ஆச்சரியப்படுவதில்லை. அங்கே மூன்றரை மணி நேரம் முன்னே என்று அவனுக்குத் தெரியும்.

இதைப் படிக்கிறவர்களில் 1942 செப்டம்பரிலிருந்து 1945 அக்டோபருக்குள் பிறந்தவர்கள் இருந்தால், பழைய நோட்டை ஒருமுறை எடுத்துப் பாருங்கள். உங்கள் வீட்டில் எந்த மணியை எழுதினார்கள் என்று எனக்கும் சொல்லுங்கள்.