கறுப்புத் துணியும் வெள்ளைச் சட்டமும்

ஒரு கறுப்பு வெல்வெட் துணி. அதன் நடுவே ஒரு துளை. துளையின் வழியே எட்டிப் பார்க்கிறது காமிராவின் கண். எதிரே, ஒளிவெள்ளத்தில், அமெரிக்க ஊமைப்பட உலகின் புகழ்மிக்க நடிகை மேரி மைல்ஸ் மின்ட்டர். துணிக்குப் பின்னே, இருபது வயதைக் கடந்து ஓரிரு ஆண்டுகளே ஆன ஒரு சீன இளைஞர். 1920-களின் தொடக்கம் அது. இடம், ஹாலிவுட்.

அந்த நடிகையின் விழிகள் வெளிர்நீலம். அந்நாளைய படச்சுருளோ, நீல ஒளியை நன்கு ஏற்கும், செவ்வொளியை ஏற்காது. எனவே திரையிலே சிவந்த இதழ் கருமையாகத் தெரியும். நீலவிழி வெளுத்துப் போகும். அழகு ததும்பும் முகம். அதிலே பாவையற்ற பதுமையின் கண்கள்! ஒப்பனையால் மறையாத குறை; பொன்னை வாரி இறைத்தாலும் போகாத குறை!

அந்தக் குறையைத் தீர்த்தவர் படமுதலாளி அல்லர். பெயர் பெற்ற நிபுணரும் அல்லர். ஸ்டூடியோவில் எடுபிடி வேலைக்கு வந்த அந்தச் சீன இளைஞர். அவர் எடுத்த நிழற்படம் ஒன்றில் அந்த அம்மையாரின் விழிகள் கருமையாய் ஒளிர்ந்தன. எப்படி நேர்ந்தது? அவருக்கே முதலில் விளங்கவில்லை. விளங்காததை விந்தை என்று கும்பிட்டுவிட்டு அவர் சும்மா இருந்துவிடவில்லை. படமெடுத்த இடத்துக்கே திரும்பினார், ஆராய்ந்தார். நடிகையின் பார்வைக்கு எதிரே இருந்த கருந்துணி, விழிகளிலே பிரதிபலித்திருந்ததைக் கண்டார். காரணம் கிடைத்தது, காரியம் கைகூடியது! பிறகு, துணியில் துளையிட்டுக் காமிராவை அதன் பின்னே நிறுத்தினார். 1923-இல் வெளிவந்த 'டிரம்ஸ் ஆஃப் ஃபேட்' என்னும் படத்தின் ஒளிப்பதிவாளர் என்ற இடம் அவரைத் தேடி வந்தது.

ஊர் என்ன பேசிற்று? கீழ்த்திசையிலிருந்து ஒருவனை வரவழைத்திருக்கிறாள். கறுப்புத் திரைக்குள் ஒளிந்துகொண்டு படமெடுக்கிறானாம், என்று பேசிற்று! அறிவால் விளைந்த செயலுக்கு மாயப் பூச்சுப் பூசினார்கள். மஞ்சள் நிறத்தானுக்கு மந்திரம் தெரிந்திருக்கலாம். மூளை இருக்கமுடியாது என்பதுதானே அந்தப் பேச்சின் பொருள்!

அந்த இளைஞரே ஜேம்ஸ் வோங் ஹவ். 1899-இல் சீனத்தின் காண்டன் மாநிலத்தில் பிறந்தவர். தந்தை அமெரிக்காவுக்குச் சென்று ரயில் பாதை அமைப்பில் உழைத்தவர். 1904-இல் குடும்பம் வாஷிங்டன் மாநிலத்துப் பாஸ்கோ என்னும் ஊருக்கு வந்து சேர்ந்தது. தண்டவாளம் பதிக்கச் சீனர் கரங்கள் தேவைப்பட்டன. பதித்து முடிந்ததும் கரங்களுக்குரியவர்கள் வேண்டாதவர்களாயினர். 1882-இல் இயற்றப்பட்ட சீனர் விலக்குச் சட்டம், சீனத் தொழிலாளர் நாட்டுக்குள் நுழைவதைத் தடுத்தது. அங்கே குடியேறிய சீனர் குடியுரிமை பெறுவதையும் தடுத்தது. ஐந்து வயதில் வந்த சிறுவன் அந்த மண்ணிலே வளர்வான், படிப்பான், உழைப்பான். ஆனால் அந்த மண்ணின் குடிமகனாக மாட்டான்! செய்த குற்றம் என்ன? பிறந்த குற்றம்.

இளமையிலேயே தந்தையை இழந்தார். குத்துச்சண்டை மேடையேறினார். நிழற்படக்காரர் ஒருவரிடம் ஓடியாடும் பையனாக இருந்தார். ஹோட்டலில் ஏவல் வேலை பார்த்தார். பின்னர் லாஸ்கி ஸ்டூடியோவின் காமிரா அறையைப் பெருக்கும் வேலை கிடைத்தது. அங்கிருந்து, செசில் பி. டிமில் என்னும் பெரிய டைரக்டரின் படப்பிடிப்பில் காட்சி எண் எழுதிய பலகையைப் பிடித்து நிற்கும் வேலைக்கு உயர்ந்தார். துடைப்பம் பிடித்த கை, பலகை பிடித்து, காமிரா பிடித்தது. அவர் ஏறிய படிகள் அவை.

ஏறியபின் அவர் ஆற்றிய பணி சிறிதன்று. 1931-இல் 'டிரான்ஸ்அட்லாண்டிக்' படத்தில், அகன்ற பார்வை கொண்ட லென்சால் கப்பலின் உட்புறத்தைக் கூரையோடு சேர்த்துக் காட்டினார். அண்மையும் சேய்மையும் ஒருங்கே தெளிவாய்த் தெரியும் அத்தகைய முறையை, பத்தாண்டு கழித்து 1941-இல் 'சிட்டிசன் கேன்' படத்தில் கண்டு உலகம் வியந்தது. 1947-இல் 'பாடி அண்ட் சோல்' படத்தின் குத்துச்சண்டைக் காட்சிக்காக, காலில் உருளைச் சக்கரம் பூட்டிக்கொண்டு, கையில் காமிராவை ஏந்தி மேடைக்குள்ளே புகுந்தார். மேடைக்கு வெளியே நின்று வேடிக்கை பார்த்தவனுக்கு அடியின் வேகம் தெரியாது. மேடையிலே அடிபட்டவனுக்குத் தெரியும்! 'தி ரோஸ் டாட்டூ' 1955-ஆம் ஆண்டுக்கும், 'ஹட்' 1963-ஆம் ஆண்டுக்கும் ஆஸ்கார் பரிசைப் பெற்றுத் தந்தன. பத்து முறை அப்பரிசுக்கு அவர் பெயர் முன்மொழியப்பட்டது. 130-க்கும் மேற்பட்ட படங்களில் அவரது உழைப்பு உறைந்திருக்கிறது.

இதுவரை கேட்டவர், "பார்த்தீர்களா? திறமை இருந்தது, உயர்ந்தார். பிறப்பு எங்கே குறுக்கே நின்றது?" என்பர். அவர்களுக்கு ஹவ்வின் திருமணக் கதையைச் சொல்லவேண்டும்.

அவர் விரும்பியது சனோரா பாப் என்னும் வெள்ளையின எழுத்தாளரை. புழுதிப் புயலால் நிலமிழந்து, பஞ்சம் பிழைக்கக் கலிபோர்னியாவுக்கு வந்த உழவர்களின் துயரை நாவலாக வடித்தவர் அந்த அம்மையார். இருவரும் 1937-இல் பாரிஸ் சென்று மணம் புரிந்துகொண்டனர். பாரிஸ் ஏன்? கலிபோர்னியாவின் சட்டம் வெள்ளையரும் சீனரும் மணப்பதைத் தடுத்தது! கடல் கடந்து மணந்தனர். ஊர் திரும்பியதும் அந்த மணம் செல்லாது என்றது சட்டம். கணவன் ஒரு குடியிருப்பிலும் மனைவி வேறொரு குடியிருப்பிலுமாக வாழ நேர்ந்தது. மறு ஆண்டு வெளிவந்த 'அல்ஜீர்ஸ்' படத்துக்காக அவர் பெயர் முதன்முறையாக ஆஸ்கார் பரிசுக்கு முன்மொழியப்பட்டது. சார்லஸ் பாயரும் ஹெடி லாமாரும் காதலராய்த் தோன்றிய படம் அது. திரையிலே காதலர் முகத்தில் நிலவொளி தவழவிட்ட கலைஞர், தம் மனைவியை மனைவி என்று ஊரறியச் சொல்ல முடியாதவராய் வீடு திரும்பினார்!

1941-இல் பேர்ல் துறைமுகம் தாக்கப்பட்டது. ஜப்பானிய இரத்தம் ஓடுகிற ஒரே காரணத்துக்காக ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் முகாம்களில் அடைக்கப்பட்டனர். அந்நாளில் ஹவ், "நான் சீனன்" என்ற வில்லையைச் சட்டையில் குத்திக்கொண்டு நடமாடினார். நண்பர் ஜேம்ஸ் காக்னியும் அதேபோன்ற வில்லையை அணிந்துகொண்டார். நண்பரின் செயல் நெஞ்சைத் தொடுகிறது. எனினும், புகழ்பெற்ற கலைஞன் ஒருவன், "நீங்கள் வெறுக்கும் அவன் நானல்லன்" என்று நெஞ்சிலே எழுதிக்கொண்டு நடக்கவேண்டிய நாடு எத்தகைய நாடு?

அந்நிலை எப்போது மாறிற்று? அவர் நூறு படங்களுக்கு ஒளியூட்டியதைக் கண்டு மனம் இளகியா? இல்லை. 1943-இல் சீனர் விலக்குச் சட்டம் நீக்கப்பட்டபோது குடியுரிமைக் கதவு திறந்தது. அதுவும், போரிலே சீனம் தோழமை நாடாக விளங்கிய காரணத்தால்! அப்போதும் ஆண்டுக்கு 105 சீனரே குடியேறலாம் என்று அளந்துதான் கொடுத்தார்கள். 1948-இல், வெள்ளை இனத்தாரல்லாத ஒருவரும் வேறோரினத்தாரும் தொடுத்த வழக்கில், கலப்பு மணத் தடை செல்லாது என்று கலிபோர்னிய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மறு ஆண்டு ஹவ்வும் சனோராவும் அங்கே மீண்டும் மணந்துகொண்டனர். பாரிஸ் மணம் முடிந்து பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து! அமெரிக்கா முழுவதிலும் அத்தடை ஒழிய 1967 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

பள்ளியிலே பாடம் சொல்லும் நாம், "முயன்றால் முடியும்" என்று பிள்ளைகளிடம் நாள்தோறும் கூறுகிறோம். பொய்யன்று அது, ஆனால் முழு உண்மையுமன்று. ஹவ் முயன்றார், காமிராவை வென்றார், ஒளியை வென்றார். முயற்சியால் வெல்ல முடிந்தது அவ்வளவே. சட்டம் என்ற சுவர், தனியொருவன் திறமை மோதித் தகர்வதன்று. பலர் கூடி, கேள்வி கேட்டு, வழக்காடி, சட்டத்தையே மாற்றியபோதுதான் அது தகர்ந்தது. "தகுதி இருந்தால் போதும், தடை தானே விலகும்" என்று நமக்கு அறிவுரை கூறுவோர் இதை எண்ணிப் பார்க்கட்டும். அவருக்கு இருந்ததைவிடப் பெரிய தகுதி எது? அவருக்கே அது போதவில்லையே! தடுத்து நிறுத்தப்பட்டவர்களில், துடைப்பத்தோடேயே வாழ்ந்து முடிந்த இன்னும் எத்தனை ஹவ்கள் இருந்தனரோ!

ஜேம்ஸ் வோங் ஹவ் 1976-இல் மறைந்தார். படச்சுருளுக்குச் சில நிறங்கள் தெரியாமற் போயின. அது வேதிப்பொருளின் குறை. அறிவு அதற்கு ஒரு துண்டுக் கறுப்புத் துணியால் வழி கண்டது. நிறத்தை மட்டுமே கண்டு மனிதனைக் காண மறுத்ததோ, மனிதன் இயற்றிய சட்டம். அந்தக் குறைக்கும் அறிவுதான் வழி கண்டது; ஆனால் அதற்குத் துணி போதவில்லை, துணிவும் வேண்டியிருந்தது.