இந்தோனேசிய வெளியுறவுக் கொள்கை

எந்த வல்லரசின் அணியிலும் சேர்வதில்லை, அதற்காக உலக விவகாரங்களிலிருந்து ஒதுங்குவதுமில்லை என்று 1948இல் இந்தோனேசியக் குடியரசு வகுத்துக்கொண்ட நெறியே அந்நாட்டு வெளியுறவுக் கொள்கையின் அடிப்படை. 'சுதந்திரமும் செயலூக்கமும்' என்று அதைச் சுருக்கமாகக் குறிப்பர். மக்கள்தொகையில் உலகின் நான்காவது பெரிய நாடு இந்தோனேசியா. ஏறத்தாழ 17,000 தீவுகளைக் கொண்டது. இந்தியப் பெருங்கடலையும் பசிபிக்கையும் இணைக்கும் முக்கியக் கடல்வழிகள் அதன் நீர்ப்பரப்பை ஒட்டியோ ஊடாகவோ செல்கின்றன. ஆயினும் தொலைதூரத்தில் படை நடத்தும் வலுவோ, கடன் கொடுத்துப் பிறரைக் கட்டிப்போடும் செல்வமோ அதனிடம் இருந்ததில்லை. வல்லரசுகளால் புறக்கணிக்க முடியாத, வல்லரசுகளைப் பணியவைக்கவும் முடியாத நடுத்தர நிலை இது. ஆட்சி மாறியபோதெல்லாம் அதன் நடத்தை மாறியது. முழக்கம் மட்டும் மாறவில்லை. எனவே முழக்கத்தைக் கொண்டு இந்த வரலாற்றை விளக்க முடியாது. உள்நாட்டு ஒற்றுமையும் பொருளாதாரமும் எவ்வளவு உறுதியாக இருந்தனவோ அவ்வளவுக்கே வெளியில் அதன் சுதந்திரமும் இருந்தது. அந்தச் சுதந்திரத்தைக் கொண்டு அது ஈட்டியவற்றில் நிலைத்தவை சட்டத்தாலும் பேச்சுவார்த்தையாலும் வந்தவையே.

தோற்றம்

1945 ஆகஸ்டு 17இல் சுகர்ணோவும் முகமது ஹத்தாவும் விடுதலையை அறிவித்தபோது அந்தக் குடியரசைப் பெரிய நாடு எதுவும் அங்கீகரித்திருக்கவில்லை. டச்சு அரசு 1947லும் 1948லும் பெரும் படை நடவடிக்கைகளில் இறங்கியது. டச்சு அரசோடு செய்த லிங்கஜாத்தி, ரென்வில் ஒப்பந்தங்கள் குடியரசின் எல்லையைச் சுருக்கவே, சோவியத் பக்கம் சாய வேண்டும் என்று இடதுசாரிகள் வற்புறுத்தினர். 1948 செப்டம்பர் 2இல் நாடாளுமன்றமாகச் செயல்பட்ட தேசியக் குழுவின் முன் உரையாற்றிய பிரதமர் ஹத்தா, அமெரிக்காவா சோவியத்தா என்ற கேள்வியையே ஏற்க மறுத்தார். பிறர் போட்டியில் காயாக இல்லாமல், தன் நிலையைத் தானே தீர்மானிக்கும் நாடாக இருக்க வேண்டும் என்பது அவர் வாதம். அதே மாதம் மடியுன் நகரில் எழுந்த கம்யூனிஸ்டுக் கிளர்ச்சியைக் குடியரசு தன் படையைக் கொண்டே அடக்கியது. இது அமெரிக்காவின் பார்வையை மாற்றியது. 1949 ஜனவரியில் நேரு தில்லியில் கூட்டிய மாநாடும், ஐ.நா. பாதுகாப்பு அவையின் தீர்மானமும், டச்சு அரசின் மேல் அமெரிக்கா தந்த அழுத்தமும் சேர்ந்து 1949 டிசம்பர் 27இல் இறையாண்மையைப் பெற்றுத் தந்தன. ஆனால் காலனிய அரசு பட்ட கடனில் ஏறத்தாழ 430 கோடி கில்டரைப் புதிய நாடு ஏற்க வேண்டியிருந்தது. நியூகினித் தீவின் மேற்குப் பாதியான மேற்கு இரியான் டச்சுக்காரர் கையிலேயே இருந்தது.

நாடாளுமன்றக் காலமும் பாண்டுங்கும்

இந்நெறி வெறும் பேச்சு அல்ல என்பதற்கு 1952 சான்று. அமெரிக்கப் பாதுகாப்புச் சட்டம் ஒன்றின் நிபந்தனைகளுக்கு உட்பட்டு உதவி பெற வெளியுறவு அமைச்சர் சுபர்ஜோ ஒப்புக்கொண்டது தெரியவந்ததும் எதிர்ப்பு கிளம்பி, பிரதமர் சுகிமானின் அமைச்சரவையே கவிழ்ந்தது. வல்லரசோடு நெருங்கினால் பதவி போகும் என்ற பாடத்தை எல்லாக் கட்சிகளும் கற்றன. 1954இல் கொழும்பில் கூடிய ஐந்து ஆசியப் பிரதமர்களின் கூட்டத்தில் ஆசிய ஆப்பிரிக்க மாநாட்டுத் திட்டத்தை முன்வைத்தவர் பிரதமர் அலி சாஸ்த்ரோஅமிஜோயோ. 1955 ஏப்ரல் 18 முதல் 24 வரை பாண்டுங்கில் 29 நாடுகள் கூடின. சீனாவும் வந்தது, துருக்கி, பாகிஸ்தான் போன்ற மேற்கு அணி நாடுகளும் வந்தன. ஒத்துப்போகாதவர்களை ஒரே மேடையில் உட்காரவைப்பதே தன் பலம் என்பதை இந்தோனேசியா அங்கே கண்டுகொண்டது.

கடல் எல்லை

பாண்டுங் அளவுக்குப் பேசப்படாவிட்டாலும் அதைவிட ஆழமான சாதனை 1957 டிசம்பர் 13இல் தொடங்கியது. 1939ஆம் ஆண்டின் டச்சுச் சட்டப்படி ஒவ்வொரு தீவைச் சுற்றியும் 3 கடல் மைல் மட்டுமே நாட்டின் ஆட்சிக்குட்பட்ட கடல். அதற்கு அப்பால் ஜாவாவுக்கும் போர்னியோவுக்கும் நடுவே டச்சுப் போர்க்கப்பல் தடையின்றிச் செல்லலாம். பிரதமர் ஜுவாண்டா, வெளித்தீவுகளை நேர்கோடுகளால் இணைத்து உள்ளிருக்கும் நீரெல்லாம் தேசத்தின் நீர் என்றும், அதற்கு வெளியே 12 கடல் மைல் எல்லை என்றும் அறிவித்தார். வட்டாரக் கிளர்ச்சிகள் வெடித்துக்கொண்டிருந்த காலம் அது. தீவுகளைப் பிரிக்கும் கடலை இணைக்கும் கடலாக்குவது வெளியுறவைப் போலவே உள்நாட்டுத் தேவையும்கூட. அமெரிக்காவும் பிரிட்டனும் இதை ஏற்கவில்லை. அறிவிப்பை அமலாக்கும் கடற்படையும் இந்தோனேசியாவிடம் இல்லை. சட்ட அறிஞர் மொக்தார் குசுமாத்மஜா போன்றோர் கால் நூற்றாண்டு காலம் மாநாடு மாநாடாக வாதாடினர். அண்டை நாடுகளோடு ஒவ்வொன்றாக எல்லை ஒப்பந்தம் செய்தனர். 1974இல் சுமத்ராவுக்கும் நிக்கோபாருக்கும் இடையே இந்தியாவுடன் செய்ததும் அதில் ஒன்று. கப்பல்கள் கடந்துசெல்ல வழிவிட ஒப்புக்கொண்டதற்கு ஈடாக, 1982ஆம் ஆண்டின் ஐ.நா. கடல் சட்ட உடன்படிக்கையில் தீவுக்கூட்ட நாடு என்ற தகுதி தனிப் பகுதியாகவே இடம்பெற்றது. ஒரு குண்டும் வெடிக்காமல் ஒரு நாடு தன் நடுவே கிடந்த கடலைத் தனதாக்கிக்கொண்ட நிகழ்வு இது.

மோதல் காலம்

பின்னர் வந்த 'வழிநடத்தப்பட்ட ஜனநாயக' ஆட்சியில் அதிபர் சுகர்ணோ வேறு பாதையில் போனார். 1958 கிளர்ச்சியாளர்களுக்கு அமெரிக்க உளவுத்துறை உதவியது அம்பலமானபின் அவருடைய ஐயம் வலுத்தது. சோவியத் ஆயுதங்களைக் குவித்து மேற்கு இரியானுக்காகப் போர் மிரட்டல் விடுத்தார். 1962 ஆகஸ்டு 15இல் நியூயார்க்கில் ஒப்பந்தம் ஆனது. மிரட்டலும் பலித்ததே என்று இதைக் காட்டுவோர் உண்டு. ஆனால் அங்கே தீர்வு கண்டது அமெரிக்க மத்தியஸ்தமும் ஐ.நா. ஏற்பாடும். 1969இல் இந்தோனேசியாவோடு இருப்பதா என்பதில் அப்பகுதி மக்கள் எல்லோரும் வாக்களிக்காமல், தேர்ந்தெடுத்த ஆயிரத்துச் சொச்சம் பிரதிநிதிகள் மட்டும் முடிவுசெய்ததால் அங்கே மனக்குறை இன்றும் தீரவில்லை. 1963 முதல் மலேசியாவுடன் நடந்த மோதலோ எதையும் தரவில்லை. 1965 ஜனவரியில் ஐ.நா.விலிருந்து விலகி, பெய்ஜிங்கோடு அணி சேர்ந்த காலத்தில் விலைவாசி ஆண்டுக்குப் பல நூறு சதவீதம் ஏறியது. குரல் உயர்ந்த வேகத்தில் கஜானா காலியானது.

சுகார்தோவும் ஆசியானும்

1965இன் ஆட்சிக் கவிழ்ப்பு முயற்சியையும், பல லட்சம் பேர் பலியான படுகொலைகளையும் அடுத்து அதிகாரத்தைப் பிடித்த ராணுவத் தளபதி சுகார்தோ, மலேசிய மோதலை முடித்து 1966இல் ஐ.நா.வுக்குத் திரும்பினார், சீன உறவை 1967இல் முடக்கினார், மேற்கத்தியக் கடனுதவியை நாடினார். அடம் மாலிக் வெளியுறவு அமைச்சராக இருக்க, 1967 ஆகஸ்டு 8இல் பாங்காக்கில் தென்கிழக்காசிய நாடுகளின் கூட்டமைப்பான ஆசியான் பிறந்தது. மிகப் பெரிய உறுப்பினரான இந்தோனேசியா அதில் அதிகாரம் காட்டாமல் அடங்கி நடந்ததாலேயே அண்டை நாடுகளின் அச்சம் தணிந்தது. அந்த நம்பிக்கையின் பலன் கம்போடியப் போரில் தெரிந்தது. அமைச்சர் அலி அலத்தாஸ் 1988லும் 1989லும் எதிரெதிர்த் தரப்புகளை ஜகார்த்தாவில் பேசவைத்தார். 1991 அக்டோபரில் பாரிஸில் உடன்பாடு கையெழுத்தானபோது பிரான்சோடு இணைத்தலைமை வகித்தது இந்தோனேசியா.

சுகர்ணோ கிழக்கே சாய்ந்தார், சுகார்தோ மேற்கே சாய்ந்தார். பிறகு சுதந்திரக் கொள்கை என்பது எதற்கு என்பது நியாயமான கேள்வி. கிழக்குத் திமோர் அதைவிடக் கூர்மையான கேள்வி: காலனியத்தை எதிர்த்துப் பிறந்த நாடு 1975 டிசம்பரில் அண்டைப் பகுதியின் மேல் படையெடுத்தது. இரண்டுக்கும் விடை ஒன்றுதான். நெறி நடத்தையைத் தடுத்துவிடவில்லை. மீறியதற்கு விலை வைத்தது. மேற்கு ஆதரவில் சாய்ந்தபோதும் சுகார்தோவால் ராணுவத் தளம் எதையும் எந்த வல்லரசுக்கும் தர முடியவில்லை. திமோரோ 24 ஆண்டுகள் ஒவ்வொரு சபையிலும் இந்தோனேசியாவைப் பதில் சொல்லவைத்து, நிதி நெருக்கடியில் ஆட்சி விழுந்தபின், 1999 வாக்கெடுப்பில் 78.5 சதவீதத்தினர் விடுதலை கேட்க, கைவிட்டுப் போனது. படை பிடித்தது நிற்கவில்லை, சட்டம் வரைந்த கோடு நின்றது.

1998க்குப் பின்

ஜனநாயகம் திரும்பியபின் நாடாளுமன்றமும் பத்திரிகைகளும் வணிக நலன்களும் கொள்கை வகுப்பில் நுழைந்தன. 2005இல் பிரிவினைப் போர் நடந்துவந்த ஆச்சே மாநிலத்துக்கான சமாதானம் ஹெல்சின்கியில் கையெழுத்தானது. உள்நாட்டுப் புண் ஆறியதால் அதிபர் யுதயோனோவின் அரசு உலக மேடையில் நிமிர்ந்து நின்றது. 2012இல் தென்சீனக் கடல் தகராறால் ஆசியான் கூட்டறிக்கை இல்லாமல் கலைந்தபோது, அமைச்சர் மார்ட்டி நத்தலெகாவா தலைநகர் தலைநகராகச் சென்று ஆறு அம்ச உடன்பாட்டை எட்டினார். உக்ரைன் போர் நடந்துகொண்டிருந்த 2022 ஜூனில் அதிபர் ஜோகோ விடோடோ கீவ், மாஸ்கோ இரண்டுக்கும் போனார். அவ்வாண்டு பாலியில் ஜி20 மாநாடு பிளவுக்கு நடுவிலும் கூட்டுப் பிரகடனத்தோடு முடிந்தது. இந்த வெற்றிகள் ஆசியானின் இயலாமைக்கு ஈடாகாது என்பர் சிலர். ஆட்சியைப் பிடித்த மியான்மர் ராணுவம் ஆசியானின் ஐந்து அம்ச அமைதித் திட்டத்தை மதிக்கவில்லை என்பது உண்மையே. மேடை அமைப்பவரால் வர மறுப்பவரை இழுத்துவர இயலாது; நடுத்தர வல்லமையின் எல்லை அது.

2024இல் வளர்ந்த நாடுகளின் பொருளாதார ஒத்துழைப்பு அமைப்பில் சேரப் பேச்சு தொடங்கிய இந்தோனேசியா, 2025 ஜனவரியில் பிரிக்ஸ் உறுப்பினரும் ஆனது. இதை இரட்டை வேடம் என்பதைவிட ஹத்தாவின் நெறிக்குப் பொருளாதார உருவம் என்பது பொருந்தும். உண்மையான சோதனை தென்சீனக் கடலில் வந்தது. அதிபர் பிரபோவோ சுபியந்தோ 2024 நவம்பரில் பெய்ஜிங்கில் வெளியிட்ட கூட்டறிக்கையில் இருதரப்பு உரிமைகோரல்களும் ஒன்றன்மேல் ஒன்று விழும் பகுதி என்ற சொற்கள் இடம்பெற்றதும் ஜகார்த்தாவில் கண்டனம் எழுந்தது. சீனாவின் உரிமைகோரலை ஏற்கவில்லை என்று வெளியுறவு அமைச்சகம் உடனே விளக்க வேண்டியதாயிற்று. அதற்கு அந்த அமைச்சகம் துணைக்கு அழைத்தது பாண்டுங்கை அல்ல, 1982 கடல் சட்டத்தை.