மூன்று ஓடுகளில் ஒரு பெயர்: ஓசூர் – மைசூர் எல்லைப்புறத்தில் 'பிலோமினா'

ஆய்வுச் சுருக்கம்

1802ஆம் ஆண்டு உரோமை நகரின் நிலத்தடிக் கல்லறை ஒன்றில் கிடைத்த மூன்று சுடுமண் ஓடுகளிலிருந்து வாசித்தெடுக்கப்பட்ட பெண்பெயர் ஃபிலோமேனா. அதன் பொருள் குறித்துத் தரப்பட்ட விளக்கங்களையும், ஓசூர், கிருஷ்ணகிரி வட்டாரத்துக்கு அது 'பிலோமினா' என வந்து நிலைத்த வழியையும் இக்கட்டுரை ஆராய்கிறது. தமிழ்க் கிறித்தவம் பல திருப்பெயர்களைப் பொருள்வழி மொழிபெயர்த்திருக்க, இப்பெயரை ஒலிவழியே ஏற்றுக்கொண்டது ஏன் என்பது இதன் மையக் கேள்வி.

திறவுச்சொற்கள்: ஆட்பெயராய்வு, பிலோமினா, தமிழ்க் கத்தோலிக்கம், மைசூர் மறைமாவட்டம், ஓசூர்

முன்னுரை

ஓசூரிலிருந்து ஜூஜூவாடி வழியாக வடக்கே சென்றால் சிறிது தொலைவிலேயே அத்திப்பள்ளி, அங்கிருந்து கருநாடகம். தமிழும் கன்னடமும் தெலுங்கும் ஒரே தெருவில் புழங்கும் இவ்வட்டாரத்தில் ஆட்பெயர்கள் மொழியெல்லையைப் பெரிதும் பொருட்படுத்துவதில்லை. முனியப்பா, திம்மராயப்பா, எல்லம்மா, சின்னம்மா என்னும் பெயர்களைக் கேட்ட அளவில் அவற்றுக்குரியவர் எம்மொழியினர் எனக் கூறிவிட இயலாது. இவ்வகையில் மூன்று மொழியினருக்கும் பொதுவாய் அமைந்த பெயர்களுள் ஒன்று இத்தாலியிலிருந்து வந்தது. கத்தோலிக்கக் குடும்பங்களில், குறிப்பாக நடுவயதைக் கடந்த பெண்களிடையே, வழங்கும் 'பிலோமினா' என்னும் பெயரே அது.

இதனை இத்தாலியப் பெயர் என்பதற்கு ஒரு விளக்கம் வேண்டும். வேர் கிரேக்கம். ஆயினும் கிரேக்க நாட்டிலிருந்து இப்பெயர் உலகெங்கும் பரவவில்லை. பொக்காச்சியோவின் 'தெக்கமெரோன்' கதைத்தொகுப்பில் கதை சொல்லும் எழுவர் மகளிருள் ஒருத்தி ஃபிலோமேனா. ஆகவே 14ஆம் நூற்றாண்டிலேயே இத்தாலிய இலக்கியம் இப்பெயரை அறிந்திருந்தது. எனினும் அதனைப் பெற்றோர் விரும்பியிடும் பெயராக்கியது 19ஆம் நூற்றாண்டில் நேப்பிள்ஸ் வட்டாரத்தில் எழுந்த பக்தியே. இன்று இத்தாலியிலேயே அது தென்பகுதிப் பாட்டிமாரை நினைவூட்டும் பெயர்; பிறக்கும் குழந்தைகளுக்கு அரிதாகவே இடப்படுகிறது.

ஓடுகளின் வரிசை

1802 மே 24 அன்று, உரோமையின் சலாரியா சாலையை ஒட்டிய பிரிசில்லா நிலத்தடிக் கல்லறையில் ஒரு புதைமாடம் கண்டறியப்பட்டது. அதன் வாயை மூடியிருந்த மூன்று ஓடுகளில் செந்நிற எழுத்துகள் இருந்தன. இடமிருந்து வலமாக 'லுமேனா', 'பாக்ஸ்தே', 'கும்ஃபி' என அவை அமைந்திருந்தன. இவ்வரிசையில் பொருள் இல்லை. முதல் ஓட்டை எடுத்து இறுதியில் வைத்தால் 'பாக்ஸ் தேகும் ஃபிலுமேனா' என்றாகும். 'உனக்குச் சமாதானம், ஃபிலுமேனா' என்பது அதன் பொருள். எழுத்துகளுடன் நங்கூரம், அம்புகள், குருத்தோலை ஆகிய குறிகளும் தீட்டப்பட்டிருந்தன. உள்ளே ஓர் இளம்பெண்ணின் எலும்புகளும் ஒரு கண்ணாடிக் குப்பியும் இருந்தன. குப்பியில் இருந்தது வேதசாட்சியின் குருதி என அக்காலத்தார் கருதினர்.

அவரைப் பற்றிய சான்று இவ்வளவே. பிறந்த ஊர், பெற்றோர், இறந்த முறை ஆகியவற்றைக் கூறும் எந்தப் பழைய ஏடும் இல்லை. திருத்தொண்டர் வரலாறுகளில் பெயர் பெரும்பாலும் வரலாற்றுக்கு முகப்பாக நிற்கும். இங்கோ பெயரைத் தவிர வேறு வரலாறே கிடையாது. அப்பெயரும் ஓடுகளை இடம்மாற்றி அடுக்கியதால் கிடைத்தது. 1904இல் தொல்லியலறிஞர் ஒராசியோ மருக்கி இதன்மேல் ஓர் ஐயத்தை எழுப்பினார். ஓடுகள் முன்னொரு கல்லறைக்குரியவை என்றும், பிற்காலத்தில் வேறொருவரின் புதைமாடத்தை மூட எடுத்தாளப்பட்டவை என்றும், வரிசை குலைந்திருப்பதே அதற்குச் சான்று என்றும் அவர் வாதிட்டார். அவர் கூற்றின்படி பெயர் ஒருவருடையது, எலும்பு இன்னொருவருடையது. வரிசை மாற்றம் கொத்தனின் அவசரத்தால் நேர்ந்தது என்று மறுத்தோரும் உளர்.

பொருள் தேடிய வழிகள்

எல்லாச் சொல்லும் பொருளுடையது என்னும் தொல்காப்பியக் கொள்கையில் ஊறிய நமக்கு, ஒரு பெயரைக் கேட்டதும் அதன் பொருளைக் கேட்பது இயல்பு. ஃபிலோமேனாவுக்கோ ஒன்றுக்கு மேற்பட்ட பொருள்கள் கூறப்பட்டுள்ளன. கிரேக்க இலக்கணப்படி 'ஃபிலூமெனே' என்பது செயப்பாட்டுப் பொருளில் வரும் பெயரெச்ச வடிவம். 'அன்பு செய்யப்படுபவள்' என்பது பொருள். மொழியியல் நோக்கில் இதுவே ஏற்கத்தக்கது. பெயரகராதிகள் சில 'வலிமையை விரும்புபவள்' என வேறு வகையாகப் பிரிக்கும். இடைக்கால இலத்தீனிலோ 'ஃபிலோமேலா' என்னும் இராப்பாடிப் பறவையின் பெயர் 'ஃபிலோமேனா' எனவும் எழுதப்பட்டதால், அப்பெயரில் பறவையின் சாயலும் படிந்தது.

ஆனால் மக்கள் மனத்தில் நின்ற பொருள் இவற்றுள் எதுவுமன்று. 1805இல் பிரான்செஸ்கோ தே லூசியா என்னும் குரு எலும்புகளை நேப்பிள்ஸ் அருகிலுள்ள முஞ்ஞானோ என்னும் ஊருக்குக் கொண்டு சென்றார். பின்னர், நேப்பிள்ஸைச் சேர்ந்த மரியா லூயிசா என்னும் துறவி தமக்குக் கிடைத்த காட்சிகளில் ஃபிலோமேனா தம் வரலாற்றைத் தாமே உரைத்ததாகக் கூறினார். அவ்வரலாற்றில் அவர் ஒரு கிரேக்கச் சிற்றரசரின் மகள். தியோக்கிளேசியன் பேரரசனை மணக்க மறுத்துக் கொல்லப்பட்டவர். பெயரின் பொருளோ 'ஒளியின் மகள்'. மகளைக் குறிக்கும் 'ஃபிலியா', ஒளியைக் குறிக்கும் 'லூமென்' ஆகிய இலத்தீன் சொற்களின் இணைப்பாக அது விளக்கப்பட்டது. இலத்தீனில் சொற்கள் இவ்வாறு புணர்வதில்லை. கிரேக்க இளவரசிக்கு இலத்தீன் பெயர் எதற்கு என்றும் கேட்கலாம். ஆயினும் ஓடுகளின் உடைப்பே இவ்விளக்கத்துக்கு இடமளித்தது என்பதைக் கவனிக்க வேண்டும். ஓர் ஓட்டில் 'ஃபி', இன்னோர் ஓட்டில் 'லுமேனா' எனப் பிரிந்து நிற்கும் எழுத்துகளைக் காண்பவர் கண்ணுக்கு 'லூமென்' தானே புலப்படும். தவறான சொற்பிறப்பு என இதனை ஒதுக்கிவிடுவது எளிது. பெயரின் ஈர்ப்பை ஆராய்வோர்க்கு அது போதாது. பெற்றோர் மகளுக்கு இட்டது அகராதிப் பொருளையன்று, தாம் கேட்ட பொருளை.

லியோன் வழியே மைசூருக்கு

முஞ்ஞானோவிலிருந்து இப்பெயர் தக்காணத்துக்கு வந்த வழியில் பிரான்சின் லியோன் நகரம் முக்கியமான இடம் பெறுகிறது. அந்நகரைச் சேர்ந்த பவுலின் ஜாரிக்கோ என்பவர் மறைபரப்புப் பணிக்குப் பொதுமக்களிடம் சிறுதொகை திரட்டும் முறையைத் தோற்றுவித்தவர்; 1822இல் எழுந்த விசுவாசப் பரப்புதல் சங்கத்துக்கு அதுவே அடித்தளம். 1835இல் கடும் நோயுற்ற நிலையில் முஞ்ஞானோ சென்று அவர் நலம்பெற்றது பெரும் அதிர்வை உண்டாக்கியது. 1837இல் திருத்தந்தை பதினாறாம் கிரகோரி ஃபிலோமேனாவுக்குப் பொது வழிபாட்டை அனுமதித்தார். ஆர்ஸ் நகரப் பங்குக்குரு ஜான் வியான்னியின் ஈடுபாடு அப்பெயரைப் பிரெஞ்சுச் சிற்றூர்கள்தோறும் கொண்டு சேர்த்தது.

பாண்டிச்சேரியிலும் மைசூரிலும் அக்காலத்தில் பணியாற்றியோர் பாரிசு அயல்நாட்டு மறைபரப்புச் சபையினர். லியோன் சங்கத்தின் நிதியுதவி பெற்ற சபைகளுள் அதுவும் ஒன்று. அதற்கு முன் 1649இல் மைசூர் மிஷனைத் தொடங்கிய லெயோனார்தோ சின்னாமி இத்தாலிய இயேசு சபையினர். ஆக, இத்தாலியர் நிறுவிய மிஷனுக்கு இத்தாலியப் புனிதையின் பெயரைக் கொண்டுவந்தோர் பிரெஞ்சுக்காரர் என்பதே என் முடிபு. இந்நூற்றாண்டு இடைவெளி சிறியதன்று; கட்டுரையின் மையக் கேள்விக்கு அது தேவைப்படும்.

மைசூரில் இப்பெயர் கல்லில் எழுந்தது. மன்னரின் செயலராக இருந்த தம்பு செட்டி 1926இல் திருத்தந்தையின் பிரதிநிதி பீட்டர் பிசானியிடமிருந்து புனிதையின் திருப்பண்டம் ஒன்றைப் பெற்றார். அதனை வைக்க ஒரு பேராலயம் எழுப்பும் முயற்சிக்கு நான்காம் கிருஷ்ணராஜ உடையார் துணைநின்று, 1933 அக்டோபர் 28 அன்று அடிக்கல் நாட்டினார். 175 அடி உயர இரட்டைக் கோபுரங்களுடன், ஜெர்மனியின் கொலோன் பேராலயத்தைப் பின்பற்றி அது எழுந்தது. சூசையப்பருக்கும் ஃபிலோமேனாவுக்கும் உரியதாயினும் ஊர்வழக்கில் அது பிலோமினா கோயில்தான். 1946இல் மைசூரில் தோன்றிய கல்லூரி, பெங்களூரில் உள்ள மருத்துவமனை ஆகியனவும் அப்பெயரை ஏற்றன.

ஓசூருக்கு இவை அயலூர்ச் செய்திகள் அல்ல. பாராமகால் 1792இல் ஆங்கிலேயர் வசமானது. ஓசூர்ப் பகுதியோ 1799இல் திப்பு வீழ்ந்த பின்னரே சேலம் மாவட்டத்தோடு இணைந்தது. அரசு எல்லை இவ்வாறு வரையப்பட்ட பின்னும் திருச்சபை எல்லை வேறாகவே இருந்தது. 1930 மே 26 அன்று நிறுவப்பட்ட சேலம் மறைமாவட்டம் பாண்டிச்சேரி, கும்பகோணம் மறைமாவட்டங்களோடு மைசூர் மறைமாவட்டத்தின் பகுதியையும் பிரித்து எடுத்தே உருவானது. இன்று இவ்வட்டாரம் உள்ளடங்கும் தருமபுரி மறைமாவட்டம் 1997இல்தான் பிரிந்தது. எனவே இந்த எல்லைப்புறக் கத்தோலிக்கரின் கண்ணும் காதும் நெடுங்காலம் மைசூர், பெங்களூர்ப் பக்கமே இருந்ததில் வியப்பில்லை. பிள்ளைப்பேற்றுக்கும் நோய்க்கும் பெங்களூர் சென்றவர்களுக்குப் பிலோமினா முதலில் ஒரு மருத்துவமனையின் பெயராகவே அறிமுகமாகியிருக்கக்கூடும்.

மொழிபெயர்க்கப்படாத பெயர்

தமிழ்க் கிறித்தவம் பெயர்களை மொழிபெயர்ப்பதில் தேர்ந்தது. பவுல் என்னும் பெயரின் இலத்தீன் வேருக்குச் 'சிறியவர்' என்பது பொருள், ஆகவே சின்னப்பர். யோவான் என்றால் 'இறைவன் அருளினார்', ஆகவே அருளப்பர். போர்த்துக்கீசியர் வழி சூசை என்று வழங்கிய பெயரை, அதன் எபிரேயப் பொருளறிந்து 'வளன்' ஆக்கித் தேம்பாவணியின் தலைவனுக்கு இட்டவர் வீரமாமுனிவர்; அவரும் இத்தாலியர்தாம். இம்மரபின்படி ஃபிலோமேனாவும் 'ஒளிமகள்' ஆகியிருக்கலாம், 'அன்பரசி' ஆகியிருக்கலாம். ஏன் ஆகவில்லை?

முதற்காரணம் காலம். பெயர்களைப் பொருள்வழி ஆக்கியது 17, 18ஆம் நூற்றாண்டு இயேசு சபை மரபு. 19ஆம் நூற்றாண்டில் வந்த பெயர்கள் லூர்து, பெர்னதெத் எனப் பெரும்பாலும் ஒலியாகவே நின்றன. இதனினும் வலுவான காரணம் மேலே கண்ட ஓடுகளில் இருக்கிறது. சின்னப்பருக்குத் திருமுகங்கள் உண்டு. அருளப்பருக்கு நற்செய்தி உண்டு. பெயரை மாற்றினாலும் ஆள் நிற்பார். பிலோமினாவுக்கு அவ்வெழுத்துகளைத் தவிர வேறு சான்று இல்லாததால், எழுத்தை மாற்றினால் எஞ்சுவது ஒன்றுமில்லை.

ஒலியும் உதவியது. முதலிலுள்ள உரசொலி தமிழில் இல்லை. பகரமாக்கிவிட்டால் எஞ்சிய அசைகள் தமிழ் நாவுக்கு இடர் தருவன அல்ல. அயற்சொல் தன் எழுத்தை விட்டுத் தமிழெழுத்தை ஏற்க வேண்டும் என்னும் பழைய நெறிக்கு இப்பெயர் எளிதில் இணங்கியது. 'ஆள்' விகுதி பெற்றுப் பிலோமினாள், 'அம்மாள்' சேர்ந்து பிலோமினம்மாள், சுருங்கிப் பிலோமி எனத் தமிழ்ப் பெண்பெயர் இலக்கணம் முழுவதும் அதன்மேல் இயங்கியது. கடற்கரைச் சமூகத்தில் அது எவ்வளவு இயல்பானது என்பதற்கு வண்ணநிலவனின் 'கடல்புரத்தில்' நாவலின் பிலோமி சான்று. எல்லைப்புறத்திலோ பிலோமினம்மா என்றால் தமிழர், தெலுங்கர், கன்னடர் மூவருக்கும் அது தம்மவர் பெயர்.

1961க்குப் பின்

1961 பிப்ரவரி 14 அன்று வெளியான உரோமைத் திருச்சடங்குப் பேராயத்தின் அறிவுறுத்தல், சில இடங்களுக்குரிய வழிபாட்டு நாட்காட்டிகளில் இருந்த ஃபிலோமேனாவின் திருநாளை நீக்கியது. தனிப்பட்ட பக்தியை அது தடுக்கவில்லை. ஆனால் அப்பெயரைத் தாங்கியவர்களுக்கு அச்செய்தி எப்படி ஒலித்திருக்கும்? 1917ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டத்தின் 761ஆம் விதி, திருமுழுக்குப் பெறுவோருக்குக் கிறித்தவப் பெயர் இடப்பட வேண்டும் என்றது. பெற்றோர் வேறு பெயர் விரும்பினால் புனிதர் ஒருவரின் பெயரையும் சேர்த்து இரண்டையும் பதிய வேண்டும் என்றது. அவ்விதிக்கிணங்கப் பெயர் பெற்ற பெண்ணிடம், பெயருக்குரியவரே நாட்காட்டியில் இல்லை என்றால் அது விந்தையான நிலைதான். இருந்தும் மைசூர்ப் பேராலயம் பெயர் மாறவில்லை, பெண்களும் மாற்றிக்கொள்ளவில்லை. பாட்டியின் பெயர் பேத்திக்கு என்னும் நம் வழக்கில், பிலோமினா என்பது அதற்குள் புனிதையின் பெயராக இருப்பதைவிடப் பாட்டியின் பெயராகிவிட்டிருந்தது.

இப்பெயர் அருகியதற்கு 1961ஐ விட 1983ஆம் ஆண்டின் புதிய சட்டமும் தனித்தமிழ்ப் பெயர் விருப்பமும் கூடுதல் காரணங்கள். புதிய சட்டத்தின் 855ஆம் விதி, கிறித்தவ உணர்வுக்கு முரணான பெயர் கூடாது என்பதோடு நின்றுவிட்டது. இன்னொரு காரணத்தையும் மறைக்க வேண்டியதில்லை. 1950ஆம் ஆண்டுக் குடியரசுத் தலைவர் ஆணையின்படி பட்டியலினச் சலுகை கிறித்தவருக்கு இல்லை. பள்ளிச் சான்றிதழில் 'பிலோமினா' என்று எழுதுவது மதத்தையும் எழுதுவதாகும். கோயிலில் ஒரு பெயர், பள்ளியில் ஒரு பெயர் என்னும் இரட்டை வழக்கை இதனோடு சேர்த்தே காண வேண்டும்.

சிப்காட் வந்தபின் ஓசூருக்குத் தென்மாவட்டங்களிலிருந்தும் பிலோமினாக்கள் வந்தனர். மைசூர்ப் பேராலயத்தின் வழி வந்த பெயரும் முத்துக்குளித்துறைப் பெயரும் ஒரே ஊரில் சந்தித்தன. இலத்தீன் மரபில் எழுதிய பங்குப் பதிவேட்டில் ஒரு வடிவம், தமிழ்ப் பள்ளிச் சான்றில் 'பிலோமினாள்', எல்லைக்கு அப்பால் பெற்ற கன்னட ஆவணத்தில் 'ஃபிலோமினம்மா', ஆங்கில எழுத்தில் ஆதாரிலும் வருங்கால வைப்புநிதிக் கணக்கிலும் ஆளுக்கொரு கூட்டல். ஓய்வுபெறும் வயதில் தொகையைக் கேட்கும்போது, இவை அனைத்தும் ஒருவரே என்று உறுதிமொழிப் பத்திரம் எழுதித் தர வேண்டியிருக்கிறது.